நோவா அண்ணனின் பெயர்

சூளகிரியில் கிருஷ்ணகிரி பஸ்ஸுக்காக நின்றுகொண்டிருந்தபோது முனிராஜ் வண்டியை நிறுத்திவிட்டு வந்தார். ஒரு காலத்தில் ஓசூரில் எங்கள் தொழிற்சாலையில், தகடு அழுத்தும் பிரஸ் ஷாப்பில் இருந்தவர். ஹெல்மெட்டைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார்.

"சிஸ்டர், நோவா அண்ணன் போயிட்டாருங்க. நேத்தே அடக்கம் பண்ணிட்டாங்க. உங்களுக்கு எப்படிச் சொல்லியனுப்பறதுன்னு யாருக்கும் தெரியல."

லாரிகள் போய்க்கொண்டே இருந்தன. எப்போது என்று கேட்டேன், எப்படி என்று கேட்டேன். முனிராஜ் சொன்னது எதுவும் சரியாகக் காதில் விழவில்லை. அழுகை வரவில்லை. உடம்பிலிருந்து பலமெல்லாம் வடிந்துபோனது போலிருந்தது. அந்த அசதி இன்னும் என்னை விட்டுப் போகவில்லை. அதோடுதான் இதை எழுதுகிறேன். அந்தத் தொழிற்சாலையில் வேலை பார்த்தவர்களுக்காகவும், அந்த முதலுதவி அறைக்குள் ஒரு முறையாவது வந்து போனவர்களுக்காகவும் எழுதுகிறேன். உங்களுக்கு அவரைத் தெரியும். அவருடைய பெயரின் கதை உங்களில் பலருக்குத் தெரியாது.

எண்பதுகளின் தொடக்கத்தில் நான் அங்கே நர்ஸாகச் சேர்ந்தேன். பெண்களை நிறைய வேலைக்கு எடுத்த சமயம். அதனால் முதலுதவி அறையில் ஒரு பெண் வேண்டியிருந்தது. அதற்கு முன்பு எழுபதுகளில் கம்பெனி தொடங்கியதிலிருந்தே கட்டுப் போடும் வேலையில் நோவா அண்ணன் இருந்தார். மிஷன் ஆஸ்பத்திரி ஒன்றில் வேலை கற்றவர். நான் சேர்ந்த அன்று, கர்நாடக எல்லையில் அத்திப்பள்ளிப் பக்கமிருந்து வந்து வேலை செய்யும் கன்னடக்காரர் ஒருவர் கையைச் சுட்டுக்கொண்டு வந்தார். மருந்து போட்டு முடித்ததும், நன்றியோடு, "நிம்ம ஹெசரேனு சார்?" என்று பெயரைக் கேட்டார்.

"நோவா," என்றார் அண்ணன்.

கன்னடத்தில் அதற்கு 'வலிக்கிறதா?' என்று பொருள். அந்த மனிதர் குழம்பிப்போய், "நோவு நனகே சார். நிம்ம ஹெசரு கேளிதே," என்றார். வலி எனக்குத்தான், நான் கேட்டது உங்கள் பெயரை.

நான் சிரித்துவிட்டேன். அண்ணன் சிரிக்கவில்லை. பொறுமையாக, "ஹெசரே அது," என்றார். பெயரே அதுதான். எத்தனையோ முறை விளக்கிச் சலித்த குரல். தமிழிலும் நோவு என்றால் வலிதானே. எல்லையின் இரண்டு பக்கத்திலும் அந்தப் பெயருக்கு ஒரே பொருள்தான் கிடைத்தது. வலிக்காரர்கள் வரும் அறையில், வலி என்று ஒலிக்கும் பெயரோடு ஒருவர் இருந்தார்.

ஆனால் அந்தப் பெயருக்கு நேர் எதிரான பொருள் உண்டு. ஒரு நாள் டீ வந்த நேரத்தில் அதைச் சொன்னார்.

ஊத்தங்கரைக்கு அப்பால் கல்லும் வேலிக்காத்தானுமாகக் கிடக்கும் ஊர் அவருடையது. அப்பா கிணறு வெட்டுகிறவர். அம்மா மண் கூடை சுமக்கிறவர். வயிற்றில் பிள்ளையோடு கடைசி மாதம் வரைக்கும் சுமந்தார். பிள்ளை பிறந்ததும் அப்பா போதகரிடம் போய்ப் பெயர் கேட்டாராம். தானியேல் என்று வைக்கலாமே என்றார் போதகர்.

"அதுக்கு என்னங்க அர்த்தம்?"

"கடவுளே என் நீதிபதின்னு அர்த்தம்."

"தீர்ப்பெல்லாம் வேணாமுங்க. ஓய்ஞ்சு ஒக்கார்ற மாதிரி ஒரு பேரு இருந்தாச் சொல்லுங்க."

போதகர் கொஞ்சம் யோசித்துவிட்டு நோவா என்றார். அப்பாவுக்குப் பெரிய கப்பலும் வெள்ளமும்தான் தெரியும். போதகர் அதற்கு முந்தைய கதையைச் சொன்னார். மழையும் கப்பலும் வருவதற்குப் பல காலம் முன்பு, விளையாத மண்ணோடு மல்லுக்கட்டிக் கை ஓய்ந்துபோன லாமேக்கு என்ற ஒரு தகப்பன் இருந்தான். நம்முடைய பாடு தீர இந்தப் பிள்ளை ஆறுதல் தருவான் என்று நம்பித் தன் மகனுக்கு அந்தப் பெயரை வைத்தான். கிணறு வெட்டுகிறவருக்கு அந்தத் தகப்பனை உடனே புரிந்துவிட்டது. "அதையே வெச்சிருங்க," என்று சொல்லிவிட்டு வேலைக்குப் போய்விட்டாராம்.

பிற்காலத்தில் பெங்களூரில் படித்துவிட்டு வந்த ஓர் இளம் போதகரிடம் அண்ணன் இதைப் பற்றி விசாரித்திருக்கிறார். எபிரேய மொழியில் அந்தப் பெயர் இளைப்பாறுவது என்ற சொல்லை ஒட்டியது என்றார் அவர். ஆனால் லாமேக்கு சொல்லும் விளக்கத்தில் வருவது ஆறுதல் தருவது என்ற வேறொரு சொல். காதுக்கு இரண்டும் கிட்டத்தட்ட ஒன்றுபோலக் கேட்கும், வேர் வேறு. பெயரும் விளக்கமும் ஏன் பொருந்தவில்லை என்று படித்தவர்கள் வெகு காலமாகப் பேசிக்கொண்டிருக்கிறார்களாம். "நமக்கு அந்தச் சண்டையே இல்ல சிஸ்டர். இளைப்பாறுதலுக்குள்ளயே ஆறுதல் இருக்குதில்ல," என்றார் அண்ணன். எபிரேயத்தில் அந்தப் பெயரின் முடிவில் தொண்டையிலிருந்து ஒரு காற்று ஒலி வருமாம். பல மொழிகளைக் கடந்து நம்மிடம் வந்து சேர்வதற்குள் அது உதிர்ந்துவிட்டது. கேன்டீனில் இருந்த பாஷா பாய் மட்டும் அந்த ஒலியை விடாமல், "எங்க நூஹ் நபி பேரு," என்று சொல்லி, நூஹ் என்றே அவரைக் கூப்பிடுவார். அண்ணன் ஒருமுறை எனக்கு அந்த ஒலியைச் சொல்லிக் காட்டினார். தலையில் இருக்கிற கூடையை இறக்கி வைக்கும்போது அம்மாவின் வாயிலிருந்து வரும் சத்தம் மாதிரி இருக்கிறது என்றார்.

அப்பாவை வயதான காலத்தில் ஓசூருக்கு அழைத்து வந்துவிட்டார். இனிமேலாவது ஓய்வாக இருக்கட்டும் என்று நினைத்தார். அந்த மனிதருக்குச் சும்மா இருக்கத் தெரியவில்லை. வாடகை வீட்டின் பின்பக்கத்தில் கடப்பாரையை வைத்துக்கொண்டு தோண்ட ஆரம்பித்துவிட்டார். வீட்டுக்காரர் வந்து சத்தம் போட்டார். அண்ணன் குழியை மூடுவார், அப்பா வேறு இடத்தில் தோண்டுவார். அப்படியே ஒரு கோடையில் அப்பா இறந்துபோனார். அடக்கம் முடிந்து வேலைக்கு வந்த நாளில் அண்ணன் சொன்னார்: "அந்த லாமேக்கும் வெள்ளத்துக்கு முன்னாடியே செத்துட்டான் சிஸ்டர். மகன் பேருல எதிர்பார்த்த ஓய்வ அவன் பாக்கவே இல்ல. எங்கப்பா எனக்குப் பேரு வெக்கல. வேலை குடுத்துட்டுப் போயிட்டாரு."

அந்த வேலையை அவர் எப்படிச் செய்தார் என்பதுதான் அவரைப் பற்றி நான் முக்கியமாகச் சொல்ல வேண்டியது.

முதலுதவி அறையில் இரண்டு இரும்புக் கட்டில்கள் இருந்தன. அவற்றில் யாரையாவது படுக்க வைத்தால் பதிவேட்டில் பெயரும் நோயும் எழுத வேண்டும். ஒருநாள் பகல் ஷிப்டில் முனிராஜ் வந்தார். அப்போது இருபது வயசு இருக்கும். ஆள் பற்றாக்குறையால் தினமும் இரண்டு ஷிப்ட் பார்த்துக்கொண்டிருந்தார், அது மூன்றாவது நாள். நான் காய்ச்சல் பார்த்தேன், இல்லை. ரத்த அழுத்தமும் சரியாகவே இருந்தது. என்ன செய்கிறது என்று கேட்டால், "ஒன்னுமில்ல சிஸ்டர், மெஷின் ரெண்டா தெரியுது," என்றார். நோவா அண்ணன் அவருடைய செருப்பைக் கழற்றச் சொல்லிக் கட்டிலைக் காட்டினார். தலை சாய்ந்ததும் முனிராஜ் தூங்கிவிட்டார்.

பிரஸ் ஷாப் மேனேஜர் தேடிக்கொண்டு வந்தார். கெட்டவர் இல்லை, அவருக்கும் மேலே ஆள் இருந்தது. பதிவேட்டைத் திருப்பிப் பார்த்தார். நோய் என்ற இடத்தில் அண்ணன் 'களைப்பு' என்று எழுதியிருந்தார்.

"களைப்புன்னு ஒரு வியாதி இருக்கா நோவா?"

"வியாதி இல்லைங்க சார். அதனாலதான் மருந்து குடுக்கல. படுக்க வெச்சிருக்கேன்."

"அப்ப எல்லாரும் வந்து படுத்துக்கலாமா?"

"கட்டில் ரெண்டுதானுங்க இருக்குது."

மேனேஜர் முனிராஜைப் பார்த்தார். வாய் திறந்தபடி தூங்கிக்கொண்டிருந்த அந்த முகத்தைப் பார்த்து அவருக்கும் எழுப்ப மனசு வரவில்லை என்றுதான் நினைக்கிறேன். குரலைத் தாழ்த்திக்கொண்டு, "தலைவலின்னு மாத்தி எழுதிடுங்க. நானும் பாக்காத மாதிரி போயிடறேன்," என்றார்.

அண்ணன் மாட்டேன் என்றார். சத்தமாகச் சொல்லவில்லை. "தலைவலின்னு எழுதினா நாளைக்குத் தலைவலி வந்தவனத்தான் சார் படுக்க விடுவாங்க."

அடுத்த வாரம் விளக்கம் கேட்டு மெமோ வந்தது. பதிலிலும் அவர் அந்த ஒரு சொல்லை மாற்றவில்லை. மாற்றிவிடச் சொல்லி நானும் கெஞ்சிப் பார்த்தேன். அவருடைய மனைவி எஸ்தர் அக்காவும் கெஞ்சினார். கடைசியில் கட்டில்களைத் தூக்கிக்கொண்டு போனார்கள். அவரைப் பேக்கிங் பகுதிக்கு மாற்றினார்கள். நாற்பதைத் தாண்டிய மனிதர் பெட்டி தூக்கப் போனார். தொழிற்சங்கத்தில் அவருடைய மாற்றலையும் ஒரு கோரிக்கையாகச் சேர்த்தார்கள். பேச்சுவார்த்தை நீண்டுகொண்டே போனது. போனஸ் முடிவானபோது மற்றவற்றோடு அதுவும் கைவிடப்பட்டது. யாரையும் குறை சொல்வதற்காக இதைச் சொல்லவில்லை. எல்லோருமே அலுத்துப் போயிருந்தார்கள்.

பேக்கிங்கிலிருந்து ஒருமுறை விரலை நசுக்கிக்கொண்டு வந்தார். அவருக்கு நான் கட்டுப் போட்டேன். விரலைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "நல்லாத்தான் கட்டறீங்க. இன்னுங் கொஞ்சம் லூசாக் கட்டுங்க," என்றார். பெட்டி தூக்குகிற முதுகு எப்படி இருக்கிறது என்று கேட்டேன். இருக்குது என்றார்.

சில ஆண்டுகள் கழித்து, ஆய்வுக்கு வந்த அதிகாரி ஒருவர் முதலுதவி அறையில் கட்டில் எங்கே என்று கேட்டதால் ஒரு கட்டில் திரும்பி வந்தது. அண்ணன் திரும்பி வரவில்லை. ஆனால் தொழிலாளர்கள் தாங்களாகவே அதற்கு நோவா கட்டில் என்று பெயர் வைத்துவிட்டார்கள். "கொஞ்சம் நோவா கட்டில்ல சாஞ்சுக்கறேன் சிஸ்டர்," என்று சொல்லிக்கொண்டு வருவார்கள். புதிதாகச் சேர்ந்தவர்களுக்கு அது ஒரு மனிதரின் பெயர் என்பதே தெரியாது. நோவு வந்தால் படுக்கிற கட்டில் என்று நினைத்துக்கொண்டார்கள். இதை அண்ணனிடம் சொன்னபோது, "அதுவும் சரிதான், விடுங்க," என்றார். அன்று அவர் முகத்தில் ஒரு சிரிப்பு இருந்தது.

அவருக்கு ஒரே மகன். அவன் பிறந்தபோது சபையில் பல பெயர்களைச் சொன்னார்களாம். அண்ணன் ராஜா என்று வைத்தார். ஏன் வேதத்திலிருந்து ஒரு பெயர் வைக்கவில்லை என்று கேட்டேன். "அவம்மேல எந்த வேலையும் ஏத்த வேணாம்னுதான்," என்றார். ராஜா இப்போது பெங்களூரில் டிரைவராக இருக்கிறான்.

விருப்ப ஓய்வுத் திட்டம் வந்தபோது அண்ணன் வெளியே வந்துவிட்டார். நானும் பிறகு கிருஷ்ணகிரியில் ஒரு கிளினிக்கில் சேர்ந்துவிட்டேன். போன தைக்குப் பிறகு ஒரு நாள் அவரைப் பார்க்கப் போனேன். முதுகுத் தண்டு கெட்டுப்போய்ப் படுக்கையில் இருந்தார். என்ன பேசுவது என்று தெரியாமல், இப்போதாவது ஓய்வு கிடைத்ததே என்று சொல்லிவிட்டேன்.

"படுத்துக் கெடக்கறது வேற, ஓய்வு வேற," என்றார். கதவுப் பக்கம் தலையைத் திருப்பி, "எஸ்தருக்குத்தான் கெடைக்கல. என்னத் தூக்கி ஒக்கார வெச்சு, பொரட்டிப் போட்டு, அவ கை போயிருச்சு," என்றார். எஸ்தர் அக்கா அடுப்படியிலிருந்து, "அதெல்லாம் ஒன்னுமில்ல, நீங்க பேசாம இருங்க," என்றார்.

முனிராஜ் செய்தி சொன்னதற்கு மறுநாள் அந்த வீட்டுக்குப் போனேன். வாசலில் வாடகை நாற்காலிகள் இன்னும் அடுக்கப்படாமல் கிடந்தன. எஸ்தர் அக்கா கூடத்தில் சுவரோரமாக உட்கார்ந்து, வருகிறவர்களிடமெல்லாம் ஒரே கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். எப்படிக் கஞ்சி கேட்டார், எப்படி மூச்சு நின்றது என்று. ஒவ்வொருவருக்கும் முதலிலிருந்து சொல்ல வேண்டியிருந்தது. கண்கள் குழிந்துபோயிருந்தன. பல மாதங்களாகச் சரியாகத் தூங்காத கண்கள் அவை என்பது பார்த்ததும் தெரிந்தது.

"அக்கா, உள்ள போய்ப் படுங்க. வர்றவங்கள நான் பாத்துக்கறேன்."

"துக்க வீட்டுல பொண்டாட்டி படுத்துத் தூங்கினா என்னம்மா சொல்லுவாங்க?"

"என்ன வேணா சொல்லட்டும். நான் பதில் சொல்லிக்கறேன்."

அவர் சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். உள்ளறையில் பாயை விரித்துத் தலையணை வைத்தேன். படுத்ததும் கையை நெற்றிமேல் போட்டுக்கொண்டார், மறுநிமிஷம் தூங்கிவிட்டார். கதவைப் பாதி சாத்திவிட்டு வந்து கூடத்தில் உட்கார்ந்தேன்.

மத்தியானம் முழுக்க ஆட்கள் வந்துகொண்டிருந்தார்கள். சபையைச் சேர்ந்த ஓர் அம்மாள் உள்ளே எட்டிப் பார்த்துவிட்டு, எஸ்தருக்கு உடம்பு முடியலையா என்று கேட்டார். உடம்பு நன்றாகத்தான் இருக்கிறது, தூங்குகிறார், எழுப்ப வேண்டாம் என்றேன். அந்த அம்மாளுக்கு அது பிடிக்கவில்லை. முகம் சுளித்துக்கொண்டு உட்கார்ந்தார். நான் வேறு காரணம் எதுவும் சொல்லவில்லை. முன்பெல்லாம் ஏதாவது ஒரு வியாதியின் பெயரைச் சொல்லி அந்த நேரத்தைச் சமாளித்திருப்பேன். சொல்லாமல் இருக்க அன்று என்னால் முடிந்தது. நோவா அண்ணனிடமிருந்து எனக்கு மிஞ்சியது அதுதான் என்று நினைக்கிறேன். பெரிதாக ஒன்றுமில்லை. அசந்துபோன ஒருவரைப் படுக்க வைத்துவிட்டு, பொய் சொல்லாமல் கதவுக்கு வெளியே உட்கார்ந்திருக்க முடிகிறது. விளக்கு வைக்கும் நேரத்தில் ராஜா வந்து அம்மாவை எழுப்பட்டுமா என்று கேட்டான். இன்னும் கொஞ்சம் தூங்கட்டும் என்றேன்.