தங்கை வீட்டு வட்டி

என் தங்கை மலாக்காவில், காஜா பெராங்கில், சொந்த வீட்டில் பால் காய்ச்சிய அன்று, அந்தப் பால் என் தொண்டையில் இறங்கவில்லை. சீனி தூக்கலாகத்தான் போட்டிருந்தாள். "குடிக்கா, ஆறிடப் போகுது" என்று ரெண்டு தடவை வந்து சொன்னாள். நான் டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு கூரையைப் பார்த்தேன், சுவரைப் பார்த்தேன், ஜன்னலுக்கு அடித்திருந்த பச்சைச் சாயத்தைப் பார்த்தேன். எங்கேயாவது ஒரு குறை கண்ணில் படாதா என்று தேடினேன்.

பொறாமையா என்று கேட்டால், ஆமாம், பொறாமைதான். அதற்கு வேறு பெயர் வைத்து மினுக்க எனக்குத் தெரியாது. எனக்குப் பின்னால் பிறந்தவள், எனக்குச் சின்னதாகிப் போன பாவாடையைப் போட்டு வளர்ந்தவள், எனக்கு முன்னால் வீட்டுக்காரி ஆகிவிட்டாள். நாங்கள் இருவரும் ரப்பர் தோட்டத்து லயத்தில் பிறந்தவர்கள். எங்கள் அப்பாவுக்கோ அவருடைய அப்பாவுக்கோ சொந்தமாக ஒரு சுவர் இருந்ததில்லை. தோட்டத்தில் வேலை போனால் அன்றைக்கே வீடும் போகும். அப்படிப்பட்ட வம்சத்தில் முதல் வீடு, அதுவும் சின்னவளுக்கு!

பலகை வீடுதான், தகரக் கூரைதான். ஆனால் முன்னால் சிமெண்டுப் படி, உள்ளேயே தண்ணீர்க் குழாய். நானோ ரெண்டு தெரு தள்ளி, தமிழ் மறந்துபோன ஒரு மலாக்கா செட்டி அம்மாவின் வீட்டுப் பின்கட்டில் வாடகைக்கு இருந்தேன். நெற்றியில் திருநீறு, வாயில் மலாய், அப்படி ஒரு அம்மா. நல்லவர்தான். ஆனால் சுவரில் ஆணி அடிக்கட்டுமா என்று கேட்டால் போதும், "தா போலே, தா போலே" என்று கையை ஆட்டி விரட்டுவார். கூடாது என்றால் கூடவே கூடாது. சாமி படத்தைக்கூட நான் பெட்டி மேல் சாய்த்துத்தான் வைத்திருந்தேன். என் தங்கை ஒவ்வொரு சுவரிலும் ஒரு நாள்காட்டி மாட்டியிருந்தாள். ஒரே வருஷத்துக்கு மூன்று நாள்காட்டி எதற்கு என்று நீங்களே சொல்லுங்கள்.

சப்பான்காரன் போய் ரெண்டு மூன்று வருஷம் ஆகியிருந்த நேரம் அது. அவள் புருஷன் பஸ் கண்டக்டர். வீட்டின் விலை இரண்டாயிரத்து அறுநூறு வெள்ளி. அறுநூறை, நகையை விற்றும் சேமிப்பைத் துடைத்தும் கொடுத்தார்கள். மீதி இரண்டாயிரத்துக்கு, டவுனில் இருந்த செட்டியார் கிட்டங்கியில், வட்டிக்கடையில், அந்த வீட்டையே அடமானம் வைத்தார்கள். கிராண்டு என்று நாங்கள் சொல்லும் வீட்டுப் பத்திரம் கிட்டங்கிப் பெட்டிக்குள் போனது. மாதம் இருபது வெள்ளி கட்ட வேண்டும்.

"இருபதுதான்க்கா. உன் வாடகையை விட எட்டு வெள்ளி கூட, அவ்வளவுதான்" என்றாள். அதோடு நிறுத்தினாளா? "நீ கட்டுறது அந்தம்மாவுக்கு. நான் கட்டுறது எனக்கு."

அந்த வார்த்தை எனக்கு ஒன்பது வருஷம் புழுங்கப் போதுமானதாக இருந்தது.

அந்த நம்பிக்கை அவளுக்கு எங்கிருந்து வந்தது என்று அப்போது யாரும் கேட்கவில்லை. காஜா பெராங்கில் அன்றைக்குப் பாதி வீட்டில் தையல் மிஷின் இருந்தது. எல்லாம் தவணைக்கு எடுத்தது. கடைக்காரச் சீனர் மாதம் ஒருமுறை சைக்கிளில் வருவார், பணத்தை வாங்கிக்கொண்டு அட்டையில் முத்திரை குத்துவார். அட்டை நிறைந்தால் மிஷின் நம்முடையது. என் தங்கையும் அப்படிக் கட்டி முடித்துத்தான் ஒரு மிஷினுக்குச் சொந்தக்காரி ஆனாள், தெருவுக்கே ரவிக்கை தைத்தாள். எங்களுக்குத் தெரிந்த கடன் அது ஒன்றுதான். விடாமல் கட்டினால் ஒருநாள் பொருள் நம் கைக்கு வரும். மிஷின் மாதிரிதான் வீடும், நாள் கொஞ்சம் கூட ஆகும் என்று அவள் நினைத்தாள். நானும் அப்படியே நினைத்தேன். அதனால்தான் எனக்கு வயிறு அப்படி எரிந்தது.

எரிந்ததோடு விடவில்லை. நானும் சேர்த்தேன். தெருப் பெண்கள் பத்துப் பேர் சேர்ந்து கூட்டு கட்டுவோம், மாதம் ஒருத்திக்கு மொத்தமாகப் பணம் கிடைக்கும். என் முறை வரும்போதெல்லாம் அதைத் தொடாமல் தபால் ஆபீஸ் சேமிப்பில் போட்டேன். என் வீட்டுக்காரர் ரப்பர் ஷீட் லாரி ஓட்டினார். அவர் புக்கிட் ரம்பாய்ப் பக்கம் போனால் அங்கே காய்கறி மலிவு என்று வாங்கி வரச் சொல்வேன். ஒரு நல்ல புடவை கட்டவில்லை. தீபாவளிக்கு என் தங்கை பிள்ளைகளோடு உட்கார்ந்து பலகாரம் சுடுவாள். நான் போய் அவள் வீட்டில் சாப்பிட்டு வருவேன், அதில் உப்புக் கூட என்று சொல்லிவிட்டு வருவேன்.

"ஏன் இப்படி உன்னையே வறுத்துக்கிற?" என்பார் என் வீட்டுக்காரர்.

"ஏங்க, சின்னவளே வீட்டுக்காரி ஆயிட்டா. நான் இன்னும் அடுத்தவ சுவத்தைப் பார்த்துக்கிட்டு கெடக்கணுமா?"

"ஆனை அசைஞ்சு தின்னும், வீடு அசையாம தின்னும்னு சொல்லுவாங்க. வாங்குறது ஒரு நாளு, தீனி போடுறது ஆயுசுக்கும்" என்பார். சொல்லிவிட்டுத் தூங்கிவிடுவார். அவருக்கு எங்கே படுத்தாலும் தூக்கம் வரும்.

மெர்டேக்கா வந்தது. ஊரெல்லாம் கொடி, தோரணம். அதே மாதத்தில் எங்கள் வீட்டுக்கார அம்மா வாடகையை மூன்று வெள்ளி ஏற்றினார். நாட்டுக்கு விடுதலை, எனக்கு மட்டும் வாடகை ஏற்றமா என்று எனக்கு ரத்தம் கொதித்தது. அந்தக் கொதிப்பிலேயே தெருக்கோடியில் விலைக்கு வந்திருந்த ஒரு சின்ன வீட்டைப் போய்ப் பார்த்தேன். தபால் ஆபீஸில் எனக்கு ஆயிரத்து முந்நூற்றுச் சொச்சம் இருந்தது. அதை முன்பணமாகக் கொடுத்து, மீதியை அதே கிட்டங்கியில் அடமானத்துக்கு வாங்குவது என்று முடிவு செய்தேன். முடிவு செய்தவள் நேரே கிட்டங்கிக்குப் போயிருக்க வேண்டும். போகவில்லை. முதலில் தங்கை வீட்டுக்குப் போனேன். சொல்லிக் காட்டாமல் எப்படி இருப்பது?

அவள் மிஷினில் உட்கார்ந்திருந்தாள். நான் சொன்னதும் காலை மிதியிலிருந்து எடுத்தாள்.

"வேணாங்க்கா" என்றாள்.

"எது வேணாம்?"

"கடன் வாங்கி வீடு வேணாம். கையில இருக்கிற காசை அப்படியே வெச்சிக்க."

எனக்குக் கோபம் தலைக்கு ஏறியது. "ஓகோ! நீ வாங்கினா வீடு, நான் வாங்கினா கடனா? நீ மட்டும் சொந்த வீட்டுல காலை நீட்டணும், அக்கா பின்கட்டுலயே சாகணும். அதானேடி உன் ஆசை? நான் உனக்குச் சமமா வந்துடுவேன்னு பயம்."

"அப்படி இல்லக்கா..."

"வேற எப்படி?"

அவள் துணியை ஊசிக்கு அடியில் தள்ளினாள். மறுபடியும் மிஷினை மிதிக்க ஆரம்பித்தாள். பொறாமைக்காரி என்று அவளை வாய் நிறையத் திட்டிவிட்டு வந்தேன். நான் திட்டினேன், அவளை! ஊர் சிரிக்கும்.

அந்த வெள்ளிக்கிழமை என் வீட்டுக்காரரை லீவு போட வைத்து இழுத்துக்கொண்டு கிட்டங்கிக்குப் போனேன். நீளமான கூடம், தரையில் பாய், ஆளுக்கு ஒரு கணக்கு எழுதும் சாய்வுப் பெட்டி. பாதிப் பெட்டிகளுக்குப் பின்னால் ஆள் இல்லை. இருந்த ஏஜெண்டு வயதானவர், மரியாதையாக உட்காரச் சொன்னார். நான் விஷயத்தைச் சொன்னேன்.

"இல்லீங்கம்மா. புதுசா யாருக்கும் குடுக்கிறதில்லை" என்றார். "கடையைக் கட்டுறோம். முதலாளி ஊர்லேர்ந்து எழுதிட்டாக. வெளியில நிக்கிறதை வசூல் பண்ணிட்டு நான் தீவாளிக்கு முன்னால கப்பல் ஏறணும்."

விடுவேனா? "என் தங்கச்சிக்கு மட்டும் குடுத்தீங்களே! பஸ் கண்டக்டர், காஜா பெராங் வீடு. அவங்க ஒரு மாசம் தவறியிருக்காங்களா? அதே குடும்பம்தான் நாங்களும்."

அவர் பேனாவைக் கீழே வைத்தார். "அவுகளுக்கு அக்காளா நீங்க? அப்ப நீங்களே நல்ல வார்த்தை சொல்லுங்க. தீவாளிக்குள்ள ரெண்டாயிரத்தைக் கட்டி கிராண்டை மீட்டுக்கிடணும். இல்லைன்னா வீடு ஏலத்துக்குப் போறதை நான் தடுக்க முடியாது."

"எந்த ரெண்டாயிரம்? ஒன்பது வருஷமா கட்டுறாங்களே!"

"கட்டுனாக. ஒத்துக்கிறேன். ஒரு மாசம் தவறலை. அதெல்லாம் வட்டிம்மா. அசல்ல ஒரு காசு எறங்கலையே. அசல் அப்படியே நிக்கிது."

என் வீட்டுக்காரர் என்னைப் பார்த்தார். நான் மனசுக்குள் பெருக்கிக்கொண்டிருந்தேன். மாதம் இருபது, வருஷத்துக்கு இருநூற்று நாற்பது, ஒன்பது வருஷம். இரண்டாயிரத்துக்கு மேலேயே போயிருந்தது. வாங்கின கடனை விட அதிகமாகக் கட்டி முடித்தும், வாங்கின கடன் முழுசாக உட்கார்ந்திருந்தது. 'நான் கட்டுறது எனக்கு' என்று சொன்னாளே என் தங்கை, அவளும் என்னைப் போல வாடகைதான் கட்டியிருக்கிறாள். என்னை விட எட்டு வெள்ளி கூடுதலாக.

அந்த நிமிஷம் எனக்கு வயிறு குளிர்ந்தது. வெயிலில் நடந்து வந்தவள் மோர் குடித்த மாதிரி இருந்தது. அப்புறம்தான் அந்த வீடு போகப் போகிறது என்பது உறைத்தது. போனால் அவள் நாலு பிள்ளைகளோடு எங்கே போவாள்? என் பின்கட்டுக்குத்தான் வருவாள்.

கிட்டங்கியிலிருந்து இருவரும் நேரே அவள் வீட்டுக்குப் போனோம். அன்றைக்கு மாப்பிள்ளையும் இருந்தார். நான் படியேறும்போதே அவளுக்குத் தெரிந்துவிட்டது.

"அதனாலதான் வேணாம்னேன்" என்றாள். அழவில்லை. "போன மாசம் கிட்டங்கிக் கணக்கப்பிள்ளை சொல்லித்தான் எங்களுக்கே தெரியும். மிஷின் மாதிரின்னு நெனைச்சிட்டோம்க்கா. கட்டிக்கிட்டே இருந்தா ஒருநாள் கூப்பிட்டு கிராண்டைக் குடுத்துடுவாங்கன்னு இருந்துட்டோம்."

"கடன் குடுத்த மொத ஏஜெண்டு, வட்டி ஒழுங்கா வந்தாப் போதும், முதலுக்கு என்ன அவசரம்னாரு" என்றார் மாப்பிள்ளை. "மூணு வருஷத்துல அவரு ஊருக்குப் போயிட்டாரு. அடுத்து வந்தவரும் வாங்கிப் போட்டாரு, போயிட்டாரு. யாரும் அசலைப் பத்திப் பேசலக்கா. நானும் கேக்கல. முடிஞ்சப்ப அஞ்சு பத்து சேர்த்துக் கட்டியிருந்தாக்கூட வட்டி கொறைஞ்சிருக்குமாம். யாருக்குத் தெரியும்?"

"என்கிட்ட ஏன்டி சொல்லல?"

"உன்கிட்டயா?" என்று என் தங்கை சிரித்தாள். அந்தச் சிரிப்பில் கிண்டல் இருந்தது, எனக்கு உரியதுதான். "நீ சந்தோசப்படுறதைப் பார்க்க எனக்குத் தெம்பு இல்லக்கா."

நான் கோபித்துக்கொண்டு எழுந்திருக்கலாம். உட்கார்ந்தேன். கையில் எவ்வளவு தேறும் என்று கேட்டேன். மிச்சம் இருந்த நகை, மாப்பிள்ளை பஸ் கம்பெனியில் வாங்கக்கூடிய சம்பள முன்பணம், மிஷினை விற்றால் வருவது, எல்லாம் கூட்டினால் எழுநூறு. ஆயிரத்து முந்நூறு துண்டு விழுந்தது. என் தபால் ஆபீஸ் பணம் சரியாக அந்த அளவுக்கு இருந்தது.

"நான் தர்றேன்" என்றேன். அவள் முகம் மலர்ந்தது. "சும்மா இல்ல. கடனாவும் இல்ல. கிராண்டுல பாதி என் பேருக்கு எழுதணும். இவரு பேருக்கு இல்ல, என் பேருக்கு."

என் வீட்டுக்காரர் தொண்டையைக் கனைத்தார். என் தங்கை என் முகத்தை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "எரியுற வீட்டுல புடுங்கினது லாபம்னு சொல்லுவாங்க" என்றாள் மெதுவாக. "சரிக்கா. எழுதிடலாம்."

தீபாவளிக்கு முன்னால் அசல் கட்டியாயிற்று, கிராண்டு வெளியே வந்தது. லேண்ட் ஆபீஸில் பாதி என் பெயருக்கு ஏறியது. நடுவில் பலகை அடித்து வீட்டை ரெண்டாக்கினோம். குழாய் அவள் பக்கம், சிமெண்டுப் படி என் பக்கம். நான் சட்டி பானைகளோடு வந்து இறங்கிய அன்று பால் காய்ச்சினேன். முதல் டம்ளரை அவளிடம்தான் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

அவள் கையில் வாங்கிக்கொண்டு நின்றாள். என் பக்கத்துச் சுவரைப் பார்த்தாள், ஜன்னலைப் பார்த்தாள், படியைப் பார்த்தாள்.

"ஆயிரத்து முந்நூறு" என்றாள். "பாதி வெலைக்குப் பாதி வீடு. ஒரு வெள்ளி வட்டி இல்லாம. நான் மொதல்ல குடுத்த அறுநூறு, ஒன்பது வருச வட்டி, இப்ப எழுநூறு. ஒரு முழு வீட்டுக்கும் மேல குடுத்துட்டு நான் பாதியில நிக்கிறேன். உனக்கு எப்பவுமே அதிர்ஷ்டம்க்கா. சின்ன வயசுலேர்ந்தே உனக்குத்தான் எல்லாம் புதுசு."

பாலை அவள் குடிக்கவில்லை. டம்ளர் ஆறிப்போகும்வரை கையிலேயே இருந்தது. எனக்கு அவள் மேல் இரக்கம் வந்திருக்க வேண்டும். வந்தது, ரெண்டு நாள் கழித்து. அன்றைக்கு, பொய் சொல்வானேன், நான் என் டம்ளர் பாலை ஒரு மடக்கில் குடித்தேன், இனித்தது.