பெஞ்சியைப் பார்த்து எழுதின நம்பர்

அருவருப்புன்னா இன்னான்னு யாராச்சும் கேட்டா நான் சொல்லுவேன். நேத்து ஒருத்தன் சீழ்ப்புண்ணுல இருந்து அவுத்த துணியைத் துவைச்சுக் காயப்போட்டு, இன்னிக்கு இன்னொருத்தி காலுல சுத்தறது இருக்குதே, அதான்.

யுத்தம் நடந்துகினு இருந்த வருஷங்க. திருத்தணி மலைக்குக் கீழே ஒரு தர்ம ஆஸ்பத்திரியில எனக்கு வேலை. புண்ணுக்குக் கட்டு கட்டறதும் நான்தான், ரிஜிஸ்டர் எழுதறதும் நான்தான். புதுத்துணி எல்லாம் பட்டாளத்துக்குப் போவுது, உங்களுக்குக் கிடையாதுன்னுட்டாங்க. கொடியில தொங்கற துணிங்க மஞ்சளா, விறைப்பா, ஈ மொய்ச்சுகினு கிடக்கும். மத்தியானம் சோறு எறங்காது எனக்கு. தோள்ல இருக்கிற துண்டை எந்நேரமும் மூக்குல கட்டிகினுதான் வேலை பார்ப்பேன். டாக்டரு எனக்கும் மேல. கைக்குட்டையில சென்ட்டு தெளிச்சுகினு வாசப்படியைத் தாண்டமாட்டாரு. யாராச்சும் கிட்ட வந்தா "அங்கியே நில்லு"ன்னுவாரு. தூ, அதுவும் ஒரு வைத்தியம்!

அப்ப எங்களுக்கு ஜில்லா ஆபீசு சித்தூர்ல. மாசக் கடைசியில அங்க வியாதிப் பட்டியல் அனுப்பணும். அச்சடிச்ச நீட்டுக் காகிதம். ஒவ்வொரு வியாதிக்கும் ஒரு நம்பர். காய்ச்சலுக்கு ஒண்ணு, சொறிக்கு ஒண்ணு, பெருவியாதிக்கு, அதான் குஷ்டத்துக்கு, பதினாலு. டாக்டரு நோயாளியைப் பார்த்து நம்பர் சொல்லணும், நான் ரிஜிஸ்டர்ல எழுதணும். அதான் சட்டம். அவரு எங்க பார்த்தாரு? வாசல்ல மூணு பெஞ்சி கிடக்கும். காய்ச்சல்காரங்களுக்கு ஒண்ணு, புண்ணு சொறிக்கு ஒண்ணு, கொஞ்சம் தள்ளி வேப்பமரத்தடியில பெருவியாதிக்காரங்களுக்கு ஒண்ணு. யாரு எதுல குந்திகினு இருக்காங்களோ அதைப் பார்த்து நான்பாட்டுக்கு நம்பரைப் போட்டுடுவேன். அவரு கீழே கையெழுத்துப் போடுவாரு. எங்க ரெண்டு பேருக்கும் அது சௌகரியமா இருந்துச்சு.

ஒரு நாள் கண்டிகைப் பக்கத்துல இருந்து ஒரு பொம்பளை வந்தா. முப்பது வயசு இருக்கும். சொந்த நெலத்துல கடலை போட்டுப் பாடுபடற குடும்பம். வலது காலு கணுவுக்குக் கீழே வீங்கி, மேலெல்லாம் சின்னச் சின்ன ஓட்டை, ஓட்டைக்கு ஓட்டை சீழு. நாத்தம்னா அப்படி ஒரு நாத்தம். புண்ணுக்காரங்க பெஞ்சியிலதான் மொதல்ல குந்தினா. அங்க இருந்தவங்க "ஏய், எழுந்து அந்தாண்ட போ"ன்னு விரட்டிட்டாங்க. வேப்பமரத்தடியில நெழலும் இருந்துச்சு, எடமும் இருந்துச்சு. பாவம், அங்க போய்க் குந்திட்டா.

நான் துண்டை இறுக்கிக் கட்டிகினு, ஒரு மொழம் ஒசரத்துல இருந்து மருந்துத் தண்ணியை ஊத்தினேன். துணியைத் தூக்கிப் போட்டு, "நீயே சுத்திக்கம்மா"ன்னேன். மேஜைக்கு வந்து அவ பேருக்கு நேரா பதினாலு போட்டேன்.

பதினாலாம் நம்பர்காரங்க பேரை மட்டும் தனியா எழுதி, சுகாதாரம் பார்க்கிற ஆளுக்குக் குடுக்கணும். அவன் சைக்கிள்ல ஊரு ஊரா போவான். அவ ஊருக்கும் போனான். வூட்டுக்குப் போய் மெதுவா சொல்லியிருக்கலாம் இல்ல? எல்லாரும் தண்ணி எடுக்கிற நேரமா பார்த்து, கெணத்தாண்ட நின்னு கத்தியிருக்கான். இந்த வூட்டுப் பொம்பளைக்குப் பெருவியாதி, ரிஜிஸ்டர்லயே இருக்குது, யாரும் அண்டாதீங்கன்னு.

அடுத்த மாசம் அவ திரும்பி வந்தா. இந்த வாட்டி பெஞ்சியில குந்தல. நேரா என் மேஜையாண்ட வந்து நின்னா.

"இன்னாத்துக்குண்ணா என்னை அதுல எழுதினே?"

"எதுலம்மா?"

"பெருவியாதியில. வூட்டை வுட்டுத் தொரத்திட்டாங்க. கடலைக் கொல்லையில ஒரு கொட்டாய் போட்டுக் குடுத்தாங்க, அதுலதான் கீறேன். மூணு வயசுல ஒரு பொண்ணு எனக்கு. கிட்டவே வுடமாட்டேன்றாங்க. மாமியாரு வரப்பு மேல நிக்க வெச்சி, தூரமா காட்டிட்டு இட்டுகினு போயிடுது."

"டாக்டரு சொன்னாரு, நான் எழுதினேன்"னேன். வாய் கூசாம சொன்னேன் பாருங்க!

அவ மடியில இருந்து ஒரு சுண்ணாம்பு டப்பாவை எடுத்துத் தொறந்து, ரிஜிஸ்டர் மேலயே வெச்சா. உள்ளே கறுப்பா, கடுகு கடுகா என்னமோ இருந்துச்சு.

"காலுல இருந்து வருது இது. ரெண்டு வருசத்துக்கு முன்னே கருவேல முள்ளு குத்தின எடம். அந்த வியாதிக்காரங்களுக்கு இப்படி வருமா? மரத்தடியில இருக்கிறவங்களை ஒவ்வொருத்தரா கேட்டுட்டேன். ஒருத்தருக்கும் வரலியாம்."

கேக்கவேண்டியவன் நான். கேட்டவ அவ.

நான் துண்டால மூக்கை இன்னும் இறுக்கிப் பொத்திக் கட்டிகினேன். ஆனா அவ நகர்ற மாதிரி தெரியல. ஒண்ணை எடுத்து வெரலுக்கு நடுவுல நசுக்கினேன், நறநறன்னு இருந்துச்சு. அப்பறம் அவளை ஸ்டூல்ல குந்த வெச்சு, குனிஞ்சு, மொத மொதல்ல, அந்தத் துணியை நானே அவுத்தேன். பெருவியாதின்னா தோலு மரத்துப் போயிருக்கும், அது எனக்கே தெரியும். ஊசியை எடுத்துப் பாதத்துல ஒரு குத்து குத்தினேன். "அடப்பாவி!"ன்னு கத்தி, நல்ல காலால என் நெஞ்சுல ஒரு ஒதை வுட்டா. நான் மல்லாந்து வுழுந்தேன். வுழுந்த எடத்துலயே எனக்குச் சிரிப்பு வந்துடுச்சு, அவளுக்கும்தான்.

டாக்டரு கைக்குட்டையை மூக்குல வெச்சிகினே டப்பாவைப் பார்த்தாரு. தடிப் புஸ்தகத்தைப் புரட்டினாரு. "மதுரைக் கால்னு சொல்லுவாங்க. முள்ளு வழியா பூசணம் உள்ளே போயி எலும்புல பிடிச்சிருக்கு. எலும்பைத் தின்னுகிட்டே போவும். பட்டணத்துல காலை எடுத்தாத்தான் உசுரு நிக்கும்"னாரு. ஊறுகாய் மேல பூக்குதே, அந்தப் பூசணம்! அது எலும்புக்குள்ள.

பட்டியல்ல அந்த வியாதிக்குன்னு நம்பரே இல்ல. கீழே தேடித் தேடி, "இதர எலும்பு வியாதிகள்"னு முப்பத்தொண்ணு கிடைச்சுது. பட்டணத்து ஆஸ்பத்திரிக்குக் குடுக்கிற சீட்டுல அதைப் போட்டோம்.

"ரிஜிஸ்டர்ல பழைய பதினாலை அடிச்சிடட்டுங்களா?"

"உனக்கென்னய்யா பைத்தியமா? போன மாசப் பட்டியல் போயாச்சு. அடிச்சா ஏன் அடிச்சேன்னு சித்தூர்ல கேப்பான். பெஞ்சியைப் பார்த்து எழுதினோம்னு சொல்லுவியா? கிடக்கட்டும் விடு."

நானும் வாயை மூடிகினேன். வேலை போயிடும்னு பயம். வெளியே வந்து அவகிட்ட, "அடிக்கிறதெல்லாம் அப்பறம் பார்த்துக்கலாம்மா, நீ மொதல்ல பொறப்படு"ன்னேன். அந்தக் காலை வுட என் பொழைப்புதான் அன்னிக்கு நாறிச்சு.

அஞ்சாறு மாசம் கழிச்சு, ரயிலை வுட்டு எறங்கினவ ஊருக்குப் போவல. நேரா எங்ககிட்ட வந்தா. முட்டிக்குக் கீழே காலு இல்ல, கக்கத்துல கட்டை.

"காலைக் குடுத்துட்டேன்ணா. இப்ப அதை அடி."

ரிஜிஸ்டரை எடுத்தேன். சிவப்பு மசியில பதினாலை அடிச்சு, பக்கத்துல முப்பத்தொண்ணு எழுதி, என் கையெழுத்தைப் போட்டேன். டாக்டரு வாசப்படியில நின்னுகினு "யோவ், யோவ்"னாரு. போய்யான்னு நெனைச்சுகினேன். அவளுக்குப் படிக்கத் தெரியாது. எந்த எடம்னு கேட்டு, வெரலை வெச்சிப் பார்த்தா. மசி காயாம வெரல்ல ஒட்டிகிச்சு.

"இங்க அடிச்சா யாருக்குத் தெரியும்? அவன் கத்தின கெணத்தாண்ட நீயும் வந்து சொல்லு."

மாட்டு வண்டி பிடிச்சு ரெண்டு பேரும் போனோம். தண்ணி எடுக்கிற நேரம். குடத்தோட நின்னவங்க ஒதுங்கினாங்க. நான் சத்தமா சொன்னேன்: "நான்தாங்க ரிஜிஸ்டர் எழுதறவன். இந்தம்மாவுக்கு அந்த வியாதி இல்லீங்க. முள்ளு குத்தி எலும்புல வந்த வியாதி. நான் காலைப் பார்க்கலீங்க, குந்தியிருந்த பெஞ்சியைப் பார்த்து எழுதிட்டேன்." சொல்லும்போதே மரத்தடியில குந்தியிருந்த மத்தவங்க ஞாபகம் வந்துச்சு. அவங்கள்ல எத்தினி பேரு நெழலுக்காகக் குந்தினாங்களோ, தெரியல.

மாமியாரு குடத்தை எறக்கி வெச்சிட்டு வூட்டுக்குள்ள போச்சு. கொழந்தையைக் கைப்பிடிச்சு இட்டாந்து முன்னால வுட்டுது.

அவ கட்டையை ஊனிகினு ரெண்டு எட்டு வெச்சா. புண்ணு இல்ல, சீழு இல்ல, நாத்தம் இல்ல. ஆஸ்பத்திரி சோப்பு வாசனைதான் வந்துச்சு. கொழந்தை அவளை ஏற எறங்கப் பார்த்துது. அப்பறம் பாவாடை நுனியைத் தூக்கி மூக்கைப் பொத்திகிச்சு.

அவ அழல. திரும்பி என்னைப் பார்த்தா.

"நீ பொத்தின மாதிரியே பொத்துது பாருண்ணா"ன்னா.