விஜயபாஸ்கர் எடுத்த ஏழு விக்கெட்

"எட்டு எம்.எம். போல்ட் ஒரு பாக்கெட்" என்று ஜன்னலில் யாராவது தலையை நீட்டினால், ரெங்கராஜ் இடது கையால்தான் எடுத்துக் கொடுப்பார். வலது கைக்கு வேறு வேலை இருந்தது. மேசைக்கு அடியில் அது ஒரு பழைய சிவப்புப் பந்தைத் தொடையில் வைத்துத் தேய்த்துக்கொண்டிருக்கும். கையெழுத்துப் போட வேண்டுமானால் மட்டும் பந்து இடது கைக்கு மாறும். போட்டு முடித்ததும் பழைய இடத்துக்கே திரும்பிவிடும்.

ஷார்ஜாவில் அலுமினிய ஜன்னல் செய்யும் கம்பெனி ஒன்றின் ஸ்டோர் அது. ரெங்கராஜிடம் இருந்த எல்லாப் பேண்டிலும் வலது தொடையில் துரு நிறத்தில் ஒரு கறை. எத்தனை முறை துவைத்தாலும் போகாது. புதிதாக வந்த ஃபோர்மேன் ஒருவர் அதை ரத்தம் என்று நினைத்துப் பதறி, "பாய், கியா ஹுவா?" என்று கேட்டார். "அது பழைய அடி பாய், காஞ்சு போச்சு" என்று தமிழிலேயே பதில் சொல்லிவிட்டு ரெங்கராஜ் போல்ட்டை நீட்டினார். ஃபோர்மேனுக்கு என்ன புரிந்ததோ, தலையாட்டிக்கொண்டு போய்விட்டார்.

பந்து வீசுகிற எல்லோருக்கும் இந்தத் தேய்க்கிற பழக்கம் உண்டு. வளைகுடாவில் அது வெறியாகவே மாறிவிடும். இங்கே கம்பெனிகள் ஆடும் மைதானங்களில் புல் கிடையாது. இறுகிய மணல், நடுவில் சிமெண்டுத் தளம், அதன்மேல் ஒரு பச்சைப் பாய். நாலு ஓவர் போவதற்குள் பந்தின் தோல் மீன் செதிலாய் எழுந்து நிற்கும். ஒரு பக்கத்தையாவது மெருகு கெடாமல் காப்பாற்றினால்தான் பந்து காற்றில் வளையும். "ஒரு பக்கம் மினுங்கணும், ஒரு பக்கம் நாசமாப் போகணும். அப்பத்தேன் திரும்பும்" என்பார் ரெங்கராஜ். பந்தைப் பற்றிப் பேசும்போது மட்டும் அவர் குரல் கொஞ்சம் உயரும்.

முதுகுளத்தூர்ப் பக்கத்துக்காரர். மதுரையில் ஒரு கல்லூரி அவரைச் சேர்த்துக்கொண்டதே பந்து வீச்சுக்காகத்தான். மதிப்பெண்ணைப் பார்த்து முகம் சுளித்த முதல்வரை, விளையாட்டு ஆசிரியர் கையைப் பிடித்து மைதானத்துக்கு இழுத்து வந்தாராம். இரண்டு ஸ்டம்பு பறந்த பிறகு முதல்வர் பேசாமல் கையெழுத்துப் போட்டார். ஹாஸ்டலும் சாப்பாடும் இலவசம். பொருளாதாரம் படித்தது ஒப்புக்கு. அங்கிருந்து பல்கலைக்கழக அணி, பிறகு சென்னை லீக். கடைசி டிவிஷனில் நுழைந்து முதல் டிவிஷன் வரை ஏறினார். மாநில அணிக்கு முதலில் ஒரு உத்தேசப் பட்டியல் போடுவார்கள். இரண்டு வருடம் அதில் அவர் பெயர் வந்தது, இரண்டு வருடமும் உதிர்ந்தது. "நான் நல்லாத்தேன் போட்டேன். என்னையவிட நல்லாப் போடுறவய்ங்க இருந்தாய்ங்க. அம்புட்டுத்தேன்." இதில் அவருக்கு யார் மீதும் கோபமில்லை.

அந்தச் சமயத்தில்தான் ஷார்ஜா கம்பெனியின் மேனேஜர் சென்னைக்கு வந்தார். விசாவில் வேலை ஸ்டோர் கீப்பர், நிஜ வேலை வெள்ளிக்கிழமை பந்து போடுவது. வளைகுடாவில் இது ஒன்றும் ரகசியமில்லை. கிரிக்கெட் பித்துப் பிடித்த முதலாளிகள் கிளார்க், டிரைவர், ஹெல்பர் என்று ஏதாவது ஒரு பெயரில் விசா எடுத்து ஆட்டக்காரர்களை இறக்கிக்கொண்டிருந்தார்கள். நாலு வருடம் விட்டுப்போகாமல் குடியிருந்தால் அமீரகத்தின் தேசிய அணிக்கே ஆடத் தகுதி வந்துவிடும் என்று மேனேஜர் சொன்னார். ரெங்கராஜ் விமானம் ஏறியது அந்த ஒரு சொல்லுக்காகத்தான். "தமிழ்நாட்டுக்கு ஆட முடியல. சரி, ஒரு நாட்டுக்கே ஆடிட்டாப் போச்சு" என்று மனைவி ஜெயபாரதியிடம் சிரித்துக்கொண்டே சொல்லிவிட்டு வந்தார். அது 2003.

குடியிருப்புக் கணக்கு அறுந்துவிடுமோ என்று அவர் லீவுக்கே போகவில்லை. மகள் பிறந்தபோது மட்டும் பத்து நாள் போய்த் திரும்பினார். ஆட்டம் முடிந்த வெள்ளிக்கிழமைகளில் ஜெயபாரதிக்கு போன் போடுவார். அவளுக்கு கிரிக்கெட் தெரியாது. அவளுடைய கேள்வி ஒன்றே ஒன்றுதான். "ஏங்க, டிவியில எப்ப வருவீக? கேபிள்காரன் வந்து நிக்கிறான். வெச்சுக்கிறவா, நிப்பாட்டிரவா?"

"வெச்சிரு, வெச்சிரு" என்பார் ரெங்கராஜ்.

நாலாவது வருடம், தகுதி வந்து சேர்ந்த அதே நேரத்தில், கம்பெனி இரண்டு புது வேகப்பந்துக்காரர்களை இறக்கியது. இருபத்திரண்டு, இருபத்துமூன்று வயது. ரெங்கராஜுக்கு முப்பத்தொன்று. அவர் பன்னிரண்டாவது ஆள் ஆனார். அதாவது, ஓவர் இடைவேளையில் தண்ணீர் கொண்டு ஓடுகிறவர். தேசிய அணித் தேர்வாளர்கள் பெரிய ஆட்டங்களுக்குத்தான் வருவார்கள். தண்ணீர் சுமக்கிறவரை அவர்கள் ஏன் பார்க்கப் போகிறார்கள்? அந்த வருடப் போட்டியில் கம்பெனி அணி முதல் சுற்றிலேயே தோற்றது. ரெங்கராஜ் ஒரு பந்துகூடப் போடவில்லை.

ஷார்ஜாவின் முவைலா பகுதியில் அவர் தங்கியிருந்த கட்டடத்தின் கீழே சூப்பர் மார்க்கெட் வைத்திருந்தவர் சாதிக் பாட்ஷா, கீழக்கரைக்காரர். கடை ஆட்களையும் சொந்தக்காரர்களையும் சேர்த்து அவரும் ஒரு அணி வைத்திருந்தார். சும்மா சேர்ந்த அணி எப்படியோ முட்டி மோதி அதே போட்டியின் இறுதி ஆட்டத்துக்கு வந்துவிட்டது. முந்தின நாள் அவருடைய முக்கியமான பந்துவீச்சாளர் மாடிப்படியில் கால் பிசகி விழுந்தார். சாதிக் பாட்ஷா மூச்சு வாங்க ரெங்கராஜின் அறைக்கு வந்தார்.

"தம்பி, நம்ம குடோன்ல மூட்டை எறக்குற விஜயபாஸ்கர் பேரு டீம்ல இருக்கு. அவரு பத்தாக்காவை எடுத்துக்கிட்டு நீங்க எறங்கிடுங்க. போட்டோ கடுகு சைஸுலதான் இருக்கு. அவருக்கும் மீசை, உங்களுக்கும் மீசை. வேற என்னா வேணும்?"

பத்தாக்கா என்பது லேபர் கார்டு. ஒரு கம்பெனிக்குப் பதிந்த ஆள் அதே போட்டியில் இன்னொரு அணிக்கு ஆடக்கூடாது. ஆனால் டியூட்டிக்குப் போனவன் கார்டில் ரூமில் இருப்பவன் ஆடுவது இங்கே அன்றாடம் நடப்பதுதான். யாரும் அதை ஒரு தப்பாகவே நினைப்பதில்லை. ரெங்கராஜும் நினைக்கவில்லை. தேர்வாளர்கள் வருகிறார்கள், அவர்கள் கண்ணில் பட வேண்டும், அவ்வளவுதான் அவர் மனதில் இருந்தது. கண்ணில் படுகிறவனுக்கு ஒரு பெயரும் வேண்டும் என்பது அந்த மனிதருக்கு ஏன் உறைக்கவில்லை? நினைத்தாலே எரிச்சலாக வருகிறது.

ஆட்டத்தன்று காலையில் கடல் பக்கமிருந்து ஈரக்காற்று அடித்தது. முதல் ஓவரிலேயே பந்து கடைசி நேரத்தில் உள்ளே வளைந்து நடு ஸ்டம்பைச் சாய்த்தது. "விக்கெட், விஜயபாஸ்கர்!" என்று ஒலிபெருக்கி கத்தியது. ரெங்கராஜ் யாரைச் சொல்கிறார்கள் என்று ஒரு கணம் திரும்பிப் பார்த்தார். நிஜ விஜயபாஸ்கர் எல்லைக்கோட்டுக்கு வெளியே தண்ணீர் கேனோடு நின்று குதித்துக்கொண்டிருந்தார். அரியலூர்ப் பக்கத்துக்காரர், இரண்டு பிள்ளைக்குத் தகப்பன், பந்தை வாழ்நாளில் கையால் தொட்டதில்லை. இடைவேளையில் ஓடி வந்து, "அண்ணே, என் பேரச் சொல்றானுவோ அண்ணே!" என்று ரெங்கராஜின் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

ஒவ்வொரு விக்கெட்டுக்கும் அந்தப் பெயர் மைதானம் முழுக்க ஒலித்தது. மொத்தம் ஏழு. கல்லூரியிலும் சென்னையிலும்கூட அவர் அப்படி ஒரு நாளும் போட்டதில்லை. அணிக்குப் பெரிய கோப்பை, சிறந்த ஆட்டக்காரருக்குச் சின்னக் கோப்பை, கூடவே அந்தப் பந்து. தேர்வாளர் ஒருவர் தோளில் தட்டி, "சபாஷ், விஜய்" என்றார். ரெங்கராஜ் சிரித்தார்.

அன்று மாலை ஜெயபாரதிக்கு போன் செய்தார். மறுநாள் காலை பேப்பரைப் பார்த்துவிட்டு மறுபடியும் செய்தார்.

"ஏழு விக்கெட்டு பாரதி."

"பேப்பர்ல போட்டுருக்கானா?"

"போட்டுருக்கான்."

"பேரு?"

"பேரும் போட்டுருக்கான்" என்றார் ரெங்கராஜ். அது பொய்யில்லை.

அடுத்த வாரமே தேசிய அணியின் நெட் பயிற்சிக்கு அழைப்பு வந்தது, விஜயபாஸ்கருக்கு. சாதிக் பாட்ஷா படியேறி வந்து, சொல்ல முடியாமல் கட்டிலில் உட்கார்ந்து தலையைப் பிடித்துக்கொண்டார். ரெங்கராஜ் போனார். இரண்டு நாள் நன்றாகவே வீசினார். பயிற்சியாளர் லாகூர்க்காரர், அதிகம் பேசாதவர். மூன்றாம் நாள் பாஸ்போர்ட் நகல் கேட்டார். ரெங்கராஜ் தன்னுடைய நகலைக் கொடுத்து, தனக்குத் தெரிந்த ஹிந்தியில் உள்ளதை உள்ளபடி சொன்னார்.

பயிற்சியாளர் நகலையும் அவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். "அந்த விஜய் இங்கே வந்து எத்தனை வருஷம் ஆச்சு?" என்று ஹிந்தியில் கேட்டார்.

"ஒன்றரை வருஷம்."

"உங்களுக்கு நாலு வருஷம் இருக்கு, விக்கெட் இல்லை. அவருக்கு விக்கெட் இருக்கு, வருஷம் இல்லை. நான் யாரை எடுக்கறது, பாய்?"

அவர் கெட்டவரில்லை. மறைத்தால் அவர் வேலை போகும். விஷயத்தைப் போட்டிக் குழுவுக்குச் சொல்லிவிட்டார். ரெங்கராஜுக்கு இரண்டு வருடத் தடை. சாதிக் பாட்ஷா பெரிய கோப்பையைத் திருப்பிக் கொடுத்தார். சின்னக் கோப்பையை யாரும் கேட்கவில்லை, அவர் பெயருக்குக் கிடைத்தது என்று அது விஜயபாஸ்கரின் கட்டிலுக்கடியில் இருந்தது. கம்பெனி மேனேஜர், "எங்க விசாவில் வந்து இன்னொருத்தனுக்கு ஆடினாயா? கலாஸ், எல்லாம் முடிஞ்சது, இனி ஸ்டோர்தான்" என்றார். வெள்ளிக்கிழமைக்கும் டியூட்டி போட்டார்.

இதற்குள் விஜயபாஸ்கர் அந்தப் பத்திரிகைத் துண்டை வெட்டி ஊருக்கு அனுப்பியிருந்தார். வெகுளித்தனமாகத்தான், தன் பெயர் அச்சில் வந்த மகிழ்ச்சியில். அரியலூர்ப் பக்கத்தில் பேருந்து நிறுத்தத்தில் அவர் படத்தோடு ஃபிளெக்ஸ் வைத்துவிட்டார்கள்: 'வளைகுடாவின் வேகப்புயல்.' தடை விஷயம் தெரிந்ததும் விஜயபாஸ்கர் ரெங்கராஜின் காலில் விழப் போனார். "அட எந்திரிப்பா. நீ என்ன செஞ்ச? போட்டது நான், கார்டு குடுத்தது கடைக்காரரு, நீ தண்ணிதான் குடுத்த" என்று தூக்கிவிட்டார் ரெங்கராஜ்.

தடை முடிந்தபோது அவருக்கு முப்பத்துமூன்று. தோளை முழுதாகச் சுழற்ற முடியவில்லை. துபாயில் கிரேன்கள் ஒவ்வொன்றாக நின்றுகொண்டிருந்த காலம் அது. ஜன்னல் கேட்க ஆளில்லை. கம்பெனி முதலில் கலைத்தது கிரிக்கெட் அணியைத்தான். ஸ்டோர் வேலை மட்டும் அவருக்கு மிஞ்சியது. ஒரு வெள்ளிக்கிழமை ஜெயபாரதி எதுவும் கேட்கவில்லை. அவராகவே, "கேபிளு?" என்று கேட்டார்.

"போன மாசமே நிப்பாட்டிட்டேங்க. புள்ளைக்குப் படிப்புக் கெடுதுல்ல" என்றாள் அவள். அவருக்காகத்தான் அப்படிச் சொன்னாள். அது அவருக்கும் தெரிந்தது.

கடையில் வியாபாரம் படுத்ததும் சாதிக் பாட்ஷா சிலரை ஊருக்கு அனுப்பினார். அதில் விஜயபாஸ்கரும் ஒருவர். ஊருக்குப் போகிறவர்கள் அட்டைப் பெட்டி கட்டுவதும், அதில் பெயரையும் ஊரையும் கொட்டை எழுத்தில் எழுதுவதும் இங்கே வழக்கம். அந்தக் கட்டடத்தில் யார் பெட்டியாக இருந்தாலும் எழுதுவது ரெங்கராஜ்தான். ஸ்டோர்க்காரர், மார்க்கர் பேனா அவரிடம்தான் இருக்கும். தூரத்திலிருந்தே படிக்கும்படி எழுதுவார்.

கம்பளி, பால்பவுடர் டின், சோப்பு, பிள்ளைகளுக்கு ஒரு பொம்மைக் கார். எல்லாம் அடுக்கி முடித்ததும் விஜயபாஸ்கர் கட்டிலுக்கடியிலிருந்து சின்னக் கோப்பையை எடுத்து நீட்டினார். "அண்ணே, இத நீங்க வெச்சுக்கங்க. ஊர்ல கேட்டா வழியில ஒடஞ்சிபோச்சின்னு சொல்லிக்கறேன்."

ரெங்கராஜ் கோப்பையை வாங்கினார். சட்டை நுனியால் தூசியைத் துடைத்து, கம்பளி மடிப்புக்குள் பத்திரமாகச் செருகினார். "ஒன் மகன் கேப்பான்ல? பஸ் ஸ்டாப்புல போட்டோ வேற வெச்சுருக்காய்ங்க."

பிறகு பேண்ட் பையிலிருந்து அந்த ஏழு விக்கெட் பந்தை எடுத்தார். மினுங்குகிற பக்கம் இன்னும் மினுங்கிக்கொண்டுதான் இருந்தது. "வெறும் கப்பைக் காட்டுனா எவன் நம்புவான்? இதையும் கொண்டு போ."

"அண்ணே, வேணாம்ண்ணே..."

"கொண்டு போங்கிறேன்ல."

பந்தைக் கோப்பைக்குள் வைத்துப் பெட்டியை மூடி, குறுக்கும் நெடுக்குமாக டேப் ஒட்டினார். மார்க்கரின் மூடியைப் பல்லால் கடித்துத் திறந்து, நிதானமாக எழுதினார்: விஜயபாஸ்கர். கீழே ஊர், மாவட்டம். எழுத்துகள் ஒரே உயரத்தில் வரிசையாக நின்றன. கீழே சாதிக் பாட்ஷாவின் வண்டி ஹாரன் அடித்தது. விஜயபாஸ்கர் கண்ணைத் துடைத்துக்கொண்டு பெட்டியைத் தோளில் ஏற்றினார்.

ரெங்கராஜ் கதவருகில் நின்று இடது கையை ஆட்டினார். வலது கை தொடையில் அந்தத் துரு நிறக் கறையின் மேல் மேலும் கீழுமாகத் தேய்த்துக்கொண்டிருந்தது, விரல்களுக்குள் ஒன்றுமில்லாமல்.