மகாதேவியின் மணிக்கூடு

மகாதேவி நேரம் பார்க்கும் மேசையில் வந்து அமர்ந்ததும் முதல் வேலையாக, எண்ணெயில் பொரித்த ரோல்ஸ் இருக்கும் பெட்டியைத் தூரத் தள்ளி வைப்பார். பிறகு கைப்பையிலிருந்து ஈரத்துணியை எடுத்து, சுவரில் ஆட்டநேரம் காட்டும் மணிக்கூட்டை இயக்கும் பெட்டியின் பொத்தான்களை ஒவ்வொன்றாகத் துடைப்பார். தான் எழும்பிப்போன நேரத்தில் யாரோ தொட்டிருப்பார்கள் என்று அவருக்கு எப்போதும் ஒரு சந்தேகம். அந்தச் சந்தேகம் பெரும்பாலும் சரியாகவும் இருக்கும். "எண்ணெய்க் கையோடை இதைத் தொடாதேங்கோ எண்டு எத்தினை தரம் சொல்லுறது? பொத்தான் ஒட்டிப்போச்செண்டால் மண்டபம் பாக்கிற ஹவுஸ்மைஸ்டர் என்னோடையல்லோ கத்துவான்" என்பார், யாரையும் பார்க்காமல். பக்கத்தில் நின்று ரோல்ஸ் கடித்துக்கொண்டிருக்கும் பெரிய மனிதர்கள் சிலர் உடனே கைகளை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோவார்கள். அதில் ஒருவருக்குப் பேரப்பிள்ளையே இருக்கிறது.

பீலெஃபெல்டில் ஒரு பாடசாலையின் உள்ளரங்கம் அது. ஆண்டுக்கொரு தடவை, இலையுதிர்காலத்தில் ஒரு சனிக்கிழமை, அங்கே கல்லூரிக் கிண்ணக் கூடைப்பந்துப் போட்டி நடக்கும். கல்லூரிகள் இருப்பது யாழ்ப்பாணத்தில். அவற்றின் பழைய மாணவர் சங்கங்கள் இருப்பது ஜெர்மனியில். ஓடி விளையாடுபவர்கள் பழைய மாணவர்களின் பிள்ளைகள். நெஞ்சில் எழுதிக்கொண்டு ஓடும் கல்லூரியின் வாசலைக்கூட அவர்களில் பலர் கண்டதில்லை. தொண்டை கிழியக் கத்துபவர்கள் அப்பாமார். ஆறு அணிகளோடு தொடங்கிய போட்டி இப்போது எட்டாகி விட்டது. புதிதாக ஒரு கல்லூரியும் சேரவில்லை. இரண்டு சங்கங்கள் உடைந்தன, அவ்வளவுதான்.

மகாதேவிக்கு வேலை முதியோர் இல்லத்தில். கிழமை முழுவதும் குளிக்க மாட்டேன், மருந்து விழுங்க மாட்டேன் என்று அடம்பிடிக்கும் ஜெர்மன் கிழவர்களைச் சமாளித்துவிட்டு வருபவர். "அதுகளாவது பசிச்சால் வாயைத் திறக்குங்கள். இதுகளின்ரை வாயை மூடவைக்க ஏலாது" என்று போட்டி நாளில் சொல்வார். குரலில் சலிப்பு இருக்கும். ஆனால் அடுத்த ஆண்டும் அதே மேசையில், அதே ஈரத்துணியோடு இருப்பார்.

அவர் இந்த மேசைக்கு வந்த கதை தனிக்கதை. மணற்குடா மத்திய கல்லூரிக்கும் நாகந்தோட்டம் இந்துக் கல்லூரிக்கும் எண்பத்தாறாம் ஆண்டில் ஒரு இறுதியாட்டம் நடந்தது. மணற்குடா ஒரு புள்ளியால் பின்னால் நின்றது. ஆட்டம் முடிகிற கணத்தில் ஒரு பந்து கூடைக்குள் விழுந்தது. விசில் முந்தியதா, பந்து முந்தியதா? நேரம் பார்த்தவர் மணற்குடாவின் கணக்கு வாத்தியார். கருவி அவருடைய கைக்கடிகாரம். பந்துதான் முந்தியது என்றார் வாத்தியார். கடிகாரத்தை வேண்டுமென்றே மெதுவாக ஓடவிட்டார் என்றது நாகந்தோட்டம். பிறகு போர் முற்றியது, ஊர் சிதறியது, வாத்தியாரும் காலமானார். வழக்கு மட்டும் பத்திரமாக விமானம் ஏறி ஜெர்மனிக்கு வந்துவிட்டது.

அதனால் இங்கே முதற் கிண்ணம் நடந்தபோது விளையாடுவதற்கு ஆள் சேர்ந்தது, நேரம் பார்ப்பதற்கு ஆள் சேரவில்லை. மணற்குடா ஆள் தொட்டால் நாகந்தோட்டம் எதிர்த்தது. நாகந்தோட்டம் ஆள் தொட்டால் மணற்குடா எதிர்த்தது. அரங்கத்துக்குக் கட்டிய வாடகை கரைந்துகொண்டிருந்தது. அப்போது புதுப்பெண்ணாக ரோல்ஸ் பெட்டியோடு வாசலில் நின்றவர் மகாதேவி. நாகந்தோட்டத்து முருகேசன்தான் கையைக் காட்டினார். "உவ படிச்சது பொம்பிளைப் பள்ளிக்கூடம். உவவுக்கு உதிலை ஒரு பக்கமும் இல்லை." மகாதேவியின் கணவர் தபோதரன் மணற்குடாக்காரர் ஆயிற்றே என்று யாரோ இழுத்தார்கள். வாகனத் தரிப்பிடத்தில் மகாதேவி கணவரை ஏசியதை முருகேசன் சற்று முன்தான் கேட்டிருந்தார். "புருசன் எண்டதுக்காக உவ ஒரு நிமிசமும் கூடக் குடுக்கமாட்டா" என்று உறுதி சொன்னார். அன்றைக்கு உட்கார்ந்தவர்தான்.

உட்கார்ந்ததோடு நில்லாமல், பிறகு ஜெர்மன்காரக் கழகம் ஒன்றில் மேசை நடுவர் பயிற்சியையும் முடித்தார். அது சங்கத்தில் பாதிப்பேருக்கு இன்றுவரை தெரியாது. தோற்ற அணியின் அப்பாமார் மேசைக்கு ஓடி வருவார்கள். ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்ற கதைதான். "அக்கா, நேரம் கெதியா ஓடினமாதிரிக் கிடக்கு." மகாதேவிக்கு ஒரே பதில்: "மணிக்கூட்டைப் பாருங்கோ, என்னைப் பாக்காதேங்கோ." ஒரு போட்டிக்குள் இதை எத்தனை முறை சொல்கிறாரோ, அவருக்கே தெரியாது. வீட்டில் சோறு வேகவில்லையா என்று தபோதரன் கேட்டாலும் இதே பதில் வரும்.

இவர்களுடைய ஒரே மகள் மிதுசா. டுசல்டோர்ஃபில் படிக்கிறாள்; பல்கலைக்கழக அணியின் கூடைப்பந்து வீராங்கனை. அந்த அணி பிராந்தியப் போட்டிகளுக்குப் போகும்போது மகாதேவி விடுப்பு எடுத்துக்கொண்டு போய்ப் பார்ப்பார். நூறு பேர் கத்தினாலும் அங்கே மேசையருகே ஒருவரும் வந்து எண்பத்தாறைப் பற்றிப் பேசமாட்டார்கள். திரும்பி வரும் ரயிலில் அந்த அமைதியை நினைத்து அவருக்குப் பொறாமையாக இருக்கும்.

கல்லூரிக் கிண்ணத்தில் ஓடும் எந்தப் பையனையும்விட மிதுசா நன்றாக விளையாடுவாள். இது எல்லோருக்கும் தெரியும், அதனால்தான் யாரும் சொல்வதில்லை. பழைய மாணவரும் அவர்களுடைய பிள்ளைகளும் விளையாடலாம் என்பது விதி. விதியை ஆக்கியவர் தபோதரன். ஆனால் மணற்குடா ஆண்கள் கல்லூரி. ஆகவே பிள்ளை என்றால் ஆண்பிள்ளை என்று கூட்டத்தில் முடிவாயிற்று. பெண்பிள்ளைகள் தாயின் கல்லூரிக்கு உரியவர்கள். தாயின் கல்லூரியில் அந்தக் காலத்தில் விளையாடியது வலைப்பந்து. எனவே சென்ற ஆண்டு மகளிருக்கென்று தனியாக ஒரு வலைப்பந்து ஆட்டம் வைத்தார்கள். வலைப்பந்தில் பந்தைத் தட்டிக்கொண்டு ஓடக்கூடாது. மிதுசா பந்தை வாங்கியதும் பழக்கத்தில் தட்டிக்கொண்டு ஓடினாள், விசில். மறுபடி ஓடினாள், மறுபடி விசில். அப்பாமார் கைதட்டிச் சிரித்தார்கள். "அம்மா, பந்தை வைச்சுக்கொண்டு சிலை மாதிரி நிக்கச் சொல்லுறாங்கள். இனி நான் இஞ்சை வரமாட்டன்" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

மகாதேவிக்கு அது தைத்தது. இந்த மனிதர்களோடு மாரடிக்க அவராலும் முடியவில்லைதான். ஆனால் மகள் தமிழ் கேட்கும் இடம் வீட்டை விட்டால் இந்த ஒரு அரங்கம். அது அவளுக்கு வேண்டாம் என்று போனால், அவளை இழுத்துக்கொண்டு வருவதற்கு வேறு ஒரு இடமும் இல்லை. அதனால் இந்த ஆண்டு கணவரிடம் கறாராகப் பேசினார். மணற்குடா அணியை நடத்தும் தபோதரன் தலையைச் சொறிந்துகொண்டு வாக்குக் கொடுத்தார்: "ஆள் குறைஞ்சால் அவளை இறக்கிறன். ஓம், சத்தியமா." அதை நம்பி மகாதேவி மகளைக் கெஞ்சினார். மிதுசா காலணிப் பையோடு ரயிலேறி வந்தாள்.

விதி எப்படியோ, இந்த ஆண்டும் இறுதியாட்டம் மணற்குடாவுக்கும் நாகந்தோட்டத்துக்கும். மணற்குடாவுக்குச் சரியாக ஐந்து பேர், மாற்றுக்கு ஆளில்லை. நாகந்தோட்டத்தின் நடுவில் தென்னை மரமாக நின்றவன் யோனாஸ் என்ற ஜெர்மன்காரப் பையன். முருகேசனுடைய மகளைக் கட்டியவன். "மருமகன் எண்டால் மகன்தானே" என்று முருகேசன் சொல்ல, கூட்டம் அதை மறுபேச்சில்லாமல் ஏற்றுக்கொண்டிருந்தது. நடுவர் சேஷாத்ரி, டுசல்டோர்ஃபில் கணினி வேலை செய்யும் சென்னைக்காரர். யாழ்ப்பாணத்தில் எந்தக் கல்லூரியிலும் படிக்காதவர் என்ற ஒரே தகுதிக்காக அழைத்து வரப்பட்டவர்.

கடைசி நிமிடங்கள். மணற்குடா ஒரு புள்ளி பின்னால். அதன் ஐவரில் கவிஷன் என்ற பையன் யோனாஸின் காலில் மிதித்துக் கணுக்கால் பிசகி விழுந்தான். தூக்கிக்கொண்டு போய் ஓரத்து வாங்குப் பலகையில் இருத்தினார்கள். மிதுசா எழுந்து சட்டைக்கு மேலே போட்டிருந்த குளிர்ச்சட்டையைக் கழற்றினாள்.

முருகேசன் கோட்டைத் தாண்டியே வந்துவிட்டார். "தபோதரன் அண்ணை, இதென்ன புதுப் பழக்கம்? ஆம்பிளைப் பள்ளிக்கூடத்துப் பேரிலை பொம்பிளைப் பிள்ளை விளையாடினது எந்தச் சரித்திரத்திலை இருக்கு?"

"உங்கடை யோனாஸ் எந்த வகுப்பிலை படிச்சவர்?" என்று மேசையிலிருந்து மகாதேவி கேட்டார்.

"அக்கா, நீங்கள் மேசை. மேசை கதைக்கக்கூடாது."

தபோதரன் மகளைப் பார்த்தார், முருகேசனைப் பார்த்தார், சுற்றி நின்ற பழைய மாணவர்களைப் பார்த்தார். எல்லோரையும் பார்த்தவர் மனைவியை மட்டும் பார்க்கவில்லை. பிறகு நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு சொன்னார். "சட்டம் எண்டால் சட்டம். நாங்கள் நாலு பேரோடையே விளையாடுவம்." மணற்குடாக்காரர்கள் கைதட்டினார்கள். வெட்கம் கெட்ட கைதட்டல் என்று மகாதேவிக்குப் பட்டது. வாக்குக் கொடுத்த வாய், நாலு பேருக்கு முன்னால் எவ்வளவு சுலபமாகத் திரும்பிவிடுகிறது!

மிதுசா குளிர்ச்சட்டையை மறுபடி போட்டு, பையின் சிப்பை இழுத்து மூடித் தோளில் கொளுவிக்கொண்டு வாசலை நோக்கி நடந்தாள்.

"மேடம், ஸ்டார்ட் பண்ணலாமா?" என்றார் சேஷாத்ரி. மகாதேவி இரண்டு கைகளையும் மடியில் வைத்துக்கொண்டார். சேஷாத்ரி பந்தைக் கொடுத்தார். பந்து உள்ளே வந்தது, கைமாறியது, யோனாஸ் ஓடினான், இன்னொருவன் மறித்தான். சுவரில் சிவப்பு இலக்கங்கள் அசையாமல் நின்றன.

சேஷாத்ரி விசில் ஊதினார். அரங்கம் முழுவதும் முதலில் மணிக்கூட்டைப் பார்த்தது. பிறகு மகாதேவியைப் பார்த்தது. வழக்கமான பதில் வரும் என்று காத்திருந்தார்கள், வரவில்லை.

"மிஷின் பழுதோ அக்கா? விடுங்கோ, நான் பொத்தானை அமத்தி ஓடவிடுறன்" என்று முருகேசன் கையை நீட்டினார். தபோதரன் பாய்ந்து வந்து அந்தக் கையைப் பிடித்தார். "கையை எடும்! எண்பத்தாறிலை என்ன சொன்னனீங்கள்? இப்ப நீங்கள் தொடுவியளோ?"

"அப்ப நீர் தொடுமன் பாப்பம்!"

தபோதரனும் தொடவில்லை. தொட்டால் நாகந்தோட்டம் முழுவதும் கோட்டுக்குள் இறங்கிவிடும் என்று அவருக்குத் தெரியும். இரண்டு பக்கத்துப் பழைய மாணவர்களும் மேசையைச் சூழ்ந்து நின்று ஒருவர் கையை ஒருவர் காவல் காத்தார்கள். வாசலில் கதவைப் பாதி திறந்தபடி மிதுசா திரும்பிப் பார்த்தாள்.

"இஞ்சேர், மகாதேவி" என்றார் தபோதரன், குரல் இறங்கி. "பொத்தானை அமத்து. எல்லாரும் பாக்கினம்."

மகாதேவி மேசையின் மறுகோடிக்குக் கையை நீட்டி ரோல்ஸ் பெட்டியைத் தன் பக்கம் இழுத்தார். இருப்பதிலேயே அதிகமாக எண்ணெய் வடிகிற ஒன்றைப் பார்த்து எடுத்து, இரண்டு கையாலும் பிய்த்து, அவசரமில்லாமல் சாப்பிடத் தொடங்கினார்.