பலித்த பெயர்
என் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. அர்த்தத்தை மட்டும் சொல்கிறேன்: 'போதும்'. மலேசியாவின் கேரி தீவுத் தோட்டத்தில் மூன்று பெண்களுக்குப் பிறகு நான்காவதாக நானும் பெண்ணாகவே வந்து சேர்ந்தபோது, அப்பா சாமிக்கு ஒரு விண்ணப்பம் போட்டார். அந்த விண்ணப்பம்தான் நான். சாமியும் உடனே கையெழுத்துப் போட்டுவிட்டது போலிருக்கிறது, அடுத்த பிரசவத்தில் தம்பி பிறந்தான். அவன் பெயருக்கு உலகை ஆள்பவன் என்று அர்த்தம். உலகை ஆள்பவன் இப்போது தெலுக் பங்லிமா காராங்கில் ஒரு தொழிற்சாலைக்கு லோரி ஓட்டுகிறான். தே தாரிக் டீயில் சீனி போடலாமா என்பதைக்கூட மனைவியைக் கேட்டுத்தான் முடிவு செய்வான். நல்ல பிள்ளைதான், பாவம்.

கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் நான் வேலை பார்க்கும் அலுவலகத்தில் பெயருக்கு அர்த்தம் கேட்பது ஒரு பொழுதுபோக்கு. மலாய்க்காரப் பிள்ளைகள் தங்கள் அரபுப் பெயர்களுக்கு ஒளி, பொறுமை, நன்றி என்று அழகழகாகச் சொல்வார்கள். என் முறை வந்தால் கொஞ்சமும் கூசாமல் 'பௌர்ணமி' என்பேன். 'வாவ், சோ நைஸ்' என்பார்கள். அலுவலகத்தில் தமிழ் தெரிந்தவள் நான் ஒருத்திதான், யார் வந்து கேட்கப்போகிறார்கள்? பக்கத்து இருக்கைச் சீனத் தோழி தன் பெயருக்கு 'முத்து' என்று சொல்லியிருந்தாள். பௌர்ணமியும் முத்துமாகப் பல வருடம் எதிரெதிரே உட்கார்ந்து நாசி லெமாக் சாப்பிட்டோம்.

சென்ற வருடம் தம்பிக்கு மூன்றாவது குழந்தை பிறந்தது. மூன்றும் பெண். ஆஸ்பத்திரிக்குப் பார்க்கப் போனேன். அவன் முகமெல்லாம் பல்லாக என் கையைப் பிடித்துக்கொண்டான்.

"அக்கா, பாப்பாவுக்கு உன் பேரத்தான் வைக்கப் போறேன்."

சத்தியமாகச் சொல்கிறேன், எனக்குக் கண் கலங்கிவிட்டது.

"என் மேல அவ்வளவு பாசமாடா?"

"பாசம் இருக்குதான். ஆனா உன் பேரு வேல செய்யுது பாரு. உனக்கு வெச்சாங்க, அடுத்தது நான் பொறந்தேன் லா!"

அடப்பாவி! ஓங்கி ஓர் அறை விடலாம் போலிருந்தது. ஆஸ்பத்திரியாயிற்றே என்று விட்டேன். கட்டிலில் படுத்திருந்த அவன் மனைவி சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். முப்பதாம் நாள் தொட்டில் போடும்போது அத்தைதான் குழந்தையின் காதில் பெயரை மூன்று முறை சொல்ல வேண்டும். மூத்த அக்காமார் மூவர் இருந்தும், பெயருக்குச் சொந்தக்காரி என்பதால் அந்தப் பெருமையை எனக்கே கொடுத்தான். அந்தப் பிஞ்சின் காதில் நான் போய் 'போதும்' என்று சொல்ல வேண்டுமாம்.

மறுநாள் மதியம் கடையில் சாப்பிடும்போது தோழியிடம் பொரிந்து தள்ளினேன். பாதியில்தான் உறைத்தது, இந்தக் கதையைச் சொல்ல வேண்டுமென்றால் பௌர்ணமியைக் கைவிட்டாக வேண்டும். கைவிட்டேன். அவள் கரண்டியைக் கீழே வைத்தாள்.

"என் பேரும் முத்து இல்ல," என்றாள், எங்கள் வழக்கமான அரை மலாய், அரை இங்கிலீஷில். "தம்பியக் கூட்டிட்டு வான்னு அர்த்தம்."

"வந்தானா?"

"எங்க? இன்னும் ரெண்டு தங்கச்சிதான் வந்தாங்க."

கடையே திரும்பிப் பார்க்கும்படி இரண்டு பேரும் சிரித்தோம். சிரித்து ஓய்ந்ததும் அவள் கேட்டாள், "யாராவது பேர் சொல்லிக் கூப்பிட்டா உனக்கு வலிக்குமா?"

"பழகிப்போச்சு," என்றேன்.

"நானும் அப்படித்தான் சொல்லுவேன்," என்றாள்.

முப்பதாம் நாள் கிள்ளானில் தம்பி வீடு நிறையச் சொந்தக்காரர்கள். சேலையில் கட்டிய தொட்டில், பக்கத்தில் பூப்போட்ட நாற்காலியில் அவன் மனைவி, மேசையில் பெரிய கேக். கேக்கின் மேல் ரோஸ் கலர் கிரீமில் என் பெயர். என் பிறந்தநாளுக்கு ஒருமுறைகூட யாரும் எனக்கு அப்படி ஒரு கேக் வாங்கியதில்லை. தம்பி வீடியோ எடுக்கத் தயாராக போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றான்.

குழந்தையைக் கையில் வாங்கினேன். அது கொட்டாவி விட்டது. நேராக அதன் அம்மாவிடம் போய்க் குனிந்து கேட்டேன், "நீ என்ன பேரும்மா நெனச்சு வெச்சிருந்த?"

அவள் கணவனை ஒரு பார்வை பார்த்தாள். பிறகு எனக்கு மட்டும் கேட்கும்படி ஒரு பெயரைச் சொன்னாள்.

"என்ன அர்த்தம்?"

"அர்த்தமெல்லாம் தெரியாது அண்ணி. கூப்பிட நல்லாருக்கு."

அதையே குழந்தையின் காதில் மூன்று முறை சொன்னேன். பிறகு நிமிர்ந்து, சபைக்கும் சத்தமாகச் சொன்னேன். அர்த்தம் தெரியாத ஒரு பெயரை அவ்வளவு சந்தோஷமாக நான் சொன்னதே இல்லை. தம்பி மனைவி முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். தம்பி போனைத் தாழ்த்தினான்.

"அக்கா! என்னக்கா இது? கேக்குல உன் பேரு போட்டாச்சே!"

"என் பேருதானேடா? கத்தியக் கொண்டா, நானே வெட்டுறேன்."

சரியாக நடுவில் வெட்டி, முதல் துண்டை உலகை ஆள்பவன் வாயில் ஊட்டினேன்.