போர்வையோடு சேர்த்த எடை

சென்ற மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, அங்கன்வாடியில் பிள்ளைகளுக்குக் கஞ்சி ஊற்றிக்கொண்டிருந்தபோது பேச்சியம்மாளின் மகள் போனில் கூப்பிட்டாள். "டீச்சர், அம்மா போயிட்டாங்க" என்றாள். இனிச் செய்ய ஒன்றுமில்லை என்று தேனி ஆஸ்பத்திரியில் சொல்லி அனுப்பி நான்கு நாள்தான் ஆகியிருந்தது. எதிர்பார்த்த செய்திதான். ஆனாலும் கையிலிருந்த கரண்டியை எங்கே வைப்பதென்று தெரியாமல் நின்றேன்.

மாட்டுப்பட்டிப் பக்கம் எங்கள் தேயிலை எஸ்டேட்டில் பேச்சியக்காவைத் தெரியாதவர்கள் இல்லை. கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தவர், பிறகு ஆஷா பணியாளரானார். பிள்ளை பெற்ற வீடு ஒவ்வொன்றுக்கும் எடை மெஷினைத் தோள்பையில் சுமந்துகொண்டு நடந்தார். ஒருமுறை, பால் கொடுக்கப் போகவேண்டும் என்ற பெண்ணை சூப்பர்வைசர் விடவில்லை. "சாரே, அவ போயிட்டு வரட்டும். அதுவரைக்கும் அவ நெரையில நான் எடுக்குறேன்" என்று சொல்லி, பையை இறக்கி வைத்துவிட்டுச் செடிக்குள் இறங்கினார்.

இதையெல்லாம் இரங்கல் கூட்டத்தில் பலரும் சொன்னார்கள். நான் சொல்லவேண்டியது வேறு.

ஆறு வருடத்துக்கு முன்பு, எங்கள் லயத்து வரிசை வீடுகளில் ஒன்றில் இருக்கும் செல்விக்கு எட்டாம் மாதத்திலேயே பெண் குழந்தை பிறந்தது. மூன்று வாரம் ஆஸ்பத்திரியில் வைத்திருந்து, இரண்டு கிலோ ஆனதும் வீட்டுக்கு அனுப்பினார்கள். இரண்டு வாரம் கழித்துப் பேச்சியக்கா எடை பார்க்கப் போனபோது நானும் கூடப் போனேன். மார்கழிக் குளிர். செல்வி அடுப்புப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள்.

"பிள்ள பால் இழுக்க மாட்டேங்குதுக்கா. வாய வச்சதும் தூங்கிருது" என்றாள்.

பேச்சியக்கா குழந்தையின் துணியைக் கழற்றப் போனார். நான்தான் தடுத்தேன். "அக்கா, நடுங்கிரும். போர்வையோடயே போடுங்க. கொஞ்சந்தான கூடும்" என்றேன். அவர் சற்றுத் தயங்கிவிட்டு அப்படியே வைத்தார். கம்பளித் தொப்பி, காலுறை, இரண்டாக மடித்துச் சுற்றிய போர்வை எல்லாம் சேர்த்து இரண்டு கிலோ முந்நூறு காட்டியது. அட்டையில் எழுதியதும் என் கைதான்.

"பாத்தியா, முந்நூறு கிராம் ஏறியிருக்கு. பயப்படாத" என்று இருவரும் மாறி மாறிச் சொன்னோம். பெற்றவள் சொன்னதை யாரும் காதில் வாங்கவில்லை.

எட்டு நாளில் குழந்தைக்கு அழக்கூடத் தெம்பில்லை. ஜீப் பிடித்துக் கொண்டுபோனோம். ஆஸ்பத்திரியில் துணியில்லாமல் எடை போட்ட நர்ஸ், ஒரு கிலோ எழுநூறு என்றார். வீட்டுக்கு வந்த நாளைவிடக் குறைவு. கிருமித் தொற்றும் இருந்தது. மூன்றாம் நாள் குழந்தை இறந்துவிட்டது. எடை சரியாகத் தெரிந்திருந்தால் பிழைத்திருக்குமா என்று டாக்டர் சொல்லவில்லை. எனக்கும் தெரியாது.

பேச்சியக்கா செல்வியின் வீட்டுக்குப் போனார். நான் வாசலிலேயே நின்றுகொண்டேன். "நீ சொன்னதுதாம்மா சரி. நான் போர்வையோட போட்டுட்டேன்" என்றார். செல்வி எழுந்து உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அதன்பிறகு அவரோடு ஒரு வார்த்தை பேசவில்லை. அடுத்த குழந்தைக்கு எடை பார்க்க டவுனுக்குத்தான் போனாள்.

ஆஷா, அங்கன்வாடிப் பணியாளர்களின் மாதக் கூட்டத்தில் அத்தனை பேர் முன்னிலையில் இதைச் சொல்லப் போவதாகப் பேச்சியக்கா சொன்னபோது, அவர் வேலை போய்விடும் என்று பயந்து சொன்னேன்.

"போனாப் போகுது டீச்சர். இத நான் சொல்லலன்னா நாளைக்கு இன்னொருத்தியும் போர்வையோட போடுவா."

சொன்னார். விளக்கம் கேட்டு மேலிடத்திலிருந்து கடிதம் வந்தது. அதற்கும் பதில் எழுதினார். புதிதாகச் சேர்ந்த பெண்களிடமெல்லாம் சொன்னார். ஒருமுறைகூட என் பெயரை எடுத்ததில்லை. நானும் வாய் திறக்கவில்லை.

அதற்குப் பின் அவர் எடை போட்ட விதமே வேறு. "எடைய அப்புறம் பாப்போம். பிள்ள எப்பிடிக் குடிக்குது, அத மொதல்ல சொல்லு" என்று தாயிடம் கேட்பார். கதவு, சன்னலை அடைத்து அறையைச் சூடாக்குவார். வெறும் உடம்போடு எடை பார்த்த மறுகணம் பிள்ளையைத் தாயின் நெஞ்சோடு ஒட்டவைத்து, இருவரையும் சேர்த்துப் போர்த்திவிடுவார்.

அடக்கத்தன்று செல்வி வந்திருந்தாள். கூட்டம் கலைந்த பிறகு என் பக்கத்தில் வந்து நின்றாள்.

"அன்னிக்குப் போர்வையோட போடச் சொன்னது நீங்கதான டீச்சர்?"

"ஆமா" என்றேன்.

"எனக்குத் தெரியும். ஆனா அந்தக்கா வந்து சொல்லிச்சு. அதனால அந்தக்காகிட்டதான் கோவிச்சுக்கிட முடிஞ்சுது" என்றாள். பிறகு முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு இறங்கிப் போய்விட்டாள்.

பேச்சியக்காவை அறிந்த உங்கள் எல்லோருக்கும் இதைச் சொல்ல ஆறு வருடம் ஆகியிருக்கிறது எனக்கு. இந்த மாதக் கூட்டத்திலும் எழுந்து சொன்னேன். தன் தவறைச் சொல்லிவிட்டு எதிரில் இருப்பவரின் முகத்தைப் பார்த்தபடி நிற்பார் அவர். அவரிடமிருந்து நான் எடுத்துக்கொள்ள நினைப்பது அதைத்தான். இன்னும் எனக்குச் சரியாக வரவில்லை. கூட்டத்தில் தரையைப் பார்த்துத்தான் பேசினேன்.