சுவருக்கு இஸ்திரி போட்ட சனிக்கிழமை

“...அதனாலதான் சொல்றேன் சார், சுவத்துல ஒரு பொட்டுக் கறை தெரிஞ்சாக்கூட எனக்குச் சோறு இறங்காது. கல்யாண வீடு, மேலாக்க அடிச்சிட்டுப் போன்னாங்க. சுரண்டாம சுண்ணாம்பு அடிக்கிறது குளிக்காம புதுத்துணி கட்டுற மாதிரி. முடியாதுன்னுட்டு, ஒரு நாள் கூடுதலா இருந்து சுரண்டிட்டுத்தான் வந்தேன்.”

சனிக்கிழமை காலை எட்டேகாலுக்கு ஓசூரில் பஸ் ஏறி என் தோளை இடித்துக்கொண்டு உட்கார்ந்தவர், அத்திப்பள்ளி வருவதற்குள் இவ்வளவையும் சொல்லிவிட்டார். பெயர் முனுசாமி. வயது நாற்பதுக்கு மேல். பெங்களூரில் வெள்ளையடிக்கும் மேஸ்திரி. காலுக்கிடையில் வாளி, அதற்குள் சுண்ணாம்பு அடிக்கும் மட்டை இரண்டு, ஒரு சுரண்டி. நகக்கண்ணெல்லாம் சுண்ணாம்பு.

நான் கிருஷ்ணகிரியில் ஆறு மணிக்கே ஏறியவன். டிக்கெட் ஒரு ரூபாய் எழுபது நயா பைசா. ஐம்பத்தைந்து மைல் போய், லால்பாக்கின் கண்ணாடி மாளிகையைப் பார்த்துவிட்டு அன்றே திரும்புவதாகத் திட்டம். இந்தக் கட்டுரை அதைப் பற்றித்தான் இருந்திருக்க வேண்டும். பேசத் தெரிந்த ஆள் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டால் என் திட்டங்கள் நிற்பதில்லை.

சந்தாபுராவில் பத்து நிமிடம் நின்றோம். டீ பத்து நயா பைசா. கிளாசைக் கையில் உருட்டியபடி முனுசாமி தன் தெருவின் கதையைச் சொன்னார்.

“எங்க தாத்தா ஆற்காட்டுப் பக்கத்துலேர்ந்து பட்டாளத்துக்குப் பின்னாலயே நடந்து வந்தவரு சார். முன்னால துப்பாக்கி போவும், பின்னால சுண்ணாம்பு போவும்.”

வண்டி ஓட்டுகிறவர்கள், புல் அறுக்கிறவர்கள், துணி வெளுக்கிறவர்கள், சமையல்காரர்கள் என்று பட்டாளத்துக்கு வேண்டிய கைகளெல்லாம் அப்படித்தான் வந்து சேர்ந்தனவாம். சிப்பாய்கள் தங்கும் பாரக்குகளுக்கு அப்பால், மோரி என்று அங்கே சொல்லப்படும் சாக்கடைக்கு இந்தப் பக்கம், குடிசை போட்டுக்கொள்ளச் சொன்னார்கள். சொன்னது வாயால். காகிதம் யாரிடமும் இல்லை. நாற்பத்தேழில் துரைமார்கள் கப்பலேறினார்கள். “மூட்டையக் கட்டிக்கினு போய்ட்டான் சார். எங்கள மட்டும் கொடியில காயப்போட்ட துணியாட்டம் வுட்டுட்டுப் போய்ட்டான்.”

பஸ் கிளம்பியபின் இன்னொன்றும் சொன்னார். அதை அப்போது நான் வேடிக்கையாகத்தான் கேட்டேன். வருஷத்துக்கு ஒருமுறை துரை பாரக்குகளைச் சுற்றிவருவான். எந்தச் சுவர் மோசமோ அதில் தாரால் ஒரு குறி போடச் சொல்லுவான். அடுத்த முறை வரும்போது அந்தக் குறி கண்ணில் படக் கூடாது. பட்டால் வெள்ளையடித்தவனுக்குக் கூலி கிடையாது. “எங்கப்பா ஒருவாட்டிகூடக் கூலிய வுட்டதில்ல. சுவத்துல தாரப் பாத்தாலே எங்களுக்குக் கை பரபரங்கும்.”

ஆடுகோடியில் இறங்கும்போது மணி பத்து. அவர் என்னையும் இறக்கிவிட்டார். ஆடி மாதத்து அம்மன் திருவிழாவுக்காகத் தன் வீட்டுக்கு வெள்ளையடித்திருப்பதாகவும், அதைப் பார்க்காமல் லால்பாக் பார்ப்பது வீண் என்றும் சொன்னார். ஜட்காக்காரன் எட்டணா கேட்டு ஆறணாவுக்கு வந்தான். ஆஸ்டின் டவுன் ஒன்றரை மைல். அதன் பின்பக்கம், மோரியை ஒட்டி இருக்கிறது அவர் தெரு.

நீளம் என் நடைக்கு எண்பது எட்டு. அகலத்தைச் சொல்வதென்றால், குடத்தோடு இரண்டு பெண்கள் எதிரெதிரே வந்தால் ஒருத்தி பக்கவாட்டில் திரும்ப வேண்டும். இரண்டு வரிசையிலுமாக நாற்பது வீடு, ஒரு குழாய். நாங்கள் நுழைந்தபோது அநேகமாக எல்லா வீட்டு வாசலிலும் ஆட்கள் ஈரச் சாக்கை வைத்துச் சுவரைத் தேய்த்துக்கொண்டிருந்தார்கள்.

“யோவ்! எங்கய்யா போய்த் தொலைஞ்ச?” முனுசாமியின் மனைவி கன்னியம்மா ஓடிவந்தாள். “வீடு போச்சுய்யா!”

அவள் அழுகைக்கு நடுவே எனக்குப் புரிந்தது இவ்வளவு. பத்து நாளைக்கு முன் சர்க்கார் ஆட்கள் வந்து ஒவ்வொரு வீட்டுச் சுவரிலும் தாரால் ஒரு எண் எழுதிப் போயிருக்கிறார்கள். என்னத்துக்கு என்று யாரும் சொல்லவில்லை. இன்று காலை ஒன்பது மணிக்கு ஒரு குமாஸ்தா வந்து சொல்லியிருக்கிறார். தெருவை எடுத்துவிட்டு ரோடு போடப்போகிறார்களாம். எண் உள்ள வீட்டுக்கு வேறு இடத்தில் மனை. எண் இல்லாதது மனைக்கு ஆசைப்பட்டு அவசரமாகக் கட்டிய புதுக் குடிசை என்று கணக்காம், திங்கட்கிழமை இடித்துவிடுவார்கள், மனையும் இல்லை.

திருவிழாவுக்காக அநேகமாகத் தெருவே எண்ணின்மேல் சுண்ணாம்பு அடித்திருந்தது. ஆனால் மற்றவர்கள் மேலாக்க அடித்தவர்கள். ஈரச் சாக்கால் தேய்த்ததும் உள்ளிருந்து கறுப்பாக எண் எட்டிப் பார்த்தது. முனுசாமி ஒருவர்தான் முறைப்படி சுரண்டி எடுத்திருந்தார்.

“முப்பத்தாறு இருக்குது, முப்பத்தெட்டு இருக்குது, நடுவுல நம்மள்து முப்பத்தேழுன்னு சொன்னேன்யா,” என்றாள் கன்னியம்மா. “தெருக்கோடியில ரெண்டு புதுக் குடிசை மொளைச்சிருக்குதாம், அதனால யார் பேச்சையும் நம்ப மாட்டானாம். நம்ம சுவத்தத் தடவிப் பாத்துட்டு, ‘இது போன வாரம் கட்டினது’ன்றான். மூணு மணிக்கு வருவானாம். குறியைக் காட்டினா எழுதுவானாம்.”

நான் சுவரைப் பார்த்தேன். உண்மையில் அது போன வாரம் கட்டியதுபோலத்தான் இருந்தது. முட்டை ஓடு மாதிரி வழவழவென்று, ஒரு கோடு, ஒரு புள்ளி கிடையாது.

முப்பத்தாறாம் எண் வீட்டிலிருந்து ஏழுமலை எழுந்து வந்தார். மில்லில் இரவு ஷிப்டு பார்த்துவிட்டுத் தூங்கிக்கொண்டிருந்தவர். அவர் வீட்டுக்குள் புத்தர் படம் மாட்டியிருந்தது. சுவரில் 36 என்று தார் பளிச்சென்று நின்றது. “அம்மனுக்கு நான் வெள்ளையடிக்கலன்னு போன வாரம் சண்டைக்கு வந்தியே மேஸ்திரி, பாத்தியா?” என்று ஆரம்பித்தவர், முனுசாமியின் முகத்தைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்திக்கொண்டார். “வுடு. தாரு நான் கொண்டாறேன். புதுசா எழுதிடலாம். சாருக்கு இங்கிலீஷ் நம்பர் எழுத வருமா?”

நாலாவது வகுப்போடு நின்றவன் நான். இங்கிலீஷ் எழுத்தெல்லாம் கடைப் பலகையைப் பார்த்துக் கற்றது. ஆனால் எண் எழுத வரும். கை முன்னால் போய்விட்டது என்பதை மறைக்கவில்லை. கூடவே, பிடிபட்டால் வெளியூரில் எனக்கு யார் என்ற எண்ணமும் வந்தது.

முனுசாமிதான் தடுத்தார். “வேணாம் சார். புதுத் தாரு மினுக்கும். பத்து நாள் தாரு செத்துப்போயிருக்கும். சுவத்தப் பாத்தாத் தெரியும். மாட்டினா இதுவும் போவும், ஏழுமலை வீடும் சேர்ந்து போவும்.”

சுவர் முன்னால் குந்தி உட்கார்ந்தார். பதினொன்றேகால் முதல் பதினொன்றரை வரை அசையவில்லை. தெருவே அவர் முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தது.

“தாரு செங்கல்லுக்குள்ள இறங்கியிருக்கும். அது மேல வராமலிருக்க வஜ்ஜிரப் பசை காய்ச்சிப் பூசியிருக்கேன்,” என்றார் கடைசியில். “சூடு காட்டினா வஜ்ஜிரம் இளகும், தாரு வேர்க்கும். எல்லம்மாக்கா, உன் பொட்டியக் குடு!”

முப்பத்தெட்டாம் எண் வீட்டு எல்லம்மா, உருப்படிக்கு அரையணா வாங்கி ஆபீசர் வீட்டுத் துணிகளுக்கு இஸ்திரி போடுகிறவர். கரிப்பெட்டியை மார்போடு அணைத்துக்கொண்டார். “சுவத்துக்கா? எனக்குச் சோறு போடுறது இது ஒண்ணுதான் முனுசாமி.”

“எனக்கு வீடு ஒண்ணுதான்க்கா.”

எல்லம்மா உள்ளே போய்ப் பெட்டியில் கங்கு நிரப்பிக்கொண்டு வந்தார். யாரிடமும் கொடுக்கவில்லை. “சூடு எனக்குத்தான் தெரியும், நவுரு,” என்று தானே நின்றார். முனுசாமி ஈரத் துணியைச் சுவரில் விரித்துப் பிடிக்க, எல்லம்மா பெட்டியை அழுத்தினார். ஆவி புஸ்ஸென்று எழுந்தது. துணியை எடுத்தால், வெறும் வெள்ளை.

பன்னிரண்டு மணி. இன்னும் வெள்ளை. ஒன்றரைக்கு ஒரு துணி தீய்ந்து கரிக்கோடு விழுந்தது. கன்னியம்மா அது எண்தான் என்று நினைத்துக் கத்திவிட்டாள். அது கரி என்று தெரிந்ததும் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்தாள். பக்கத்து வீடுகளிலிருந்து கங்கு வந்துகொண்டே இருந்தது. அன்றைக்கு அந்த வரிசையில் மதியம் அடுப்பு எரியவில்லை. இருந்த கரியெல்லாம் சுவருக்குப் போனது. நானும் ஒரு மணி நேரம் துணி பிடித்தேன். விரல் நுனி இரண்டு கொப்பளித்தன.

இரண்டேகால் மணிக்கு, “நில்லுக்கா,” என்றார் முனுசாமி. மூக்கு சுவரில் படும்படி குனிந்தார். டீ சிந்தியதுபோல ஒரு பழுப்பு. அவர் ஆயுளில் தன் சுவரில் கறையைக் கண்டு முகம் மலர்ந்தது அன்றைக்குத்தான் இருக்கும். இரண்டரைக்கு அந்தப் பழுப்பு வளைந்தது. இரண்டேமுக்காலுக்கு அது மூன்று. அடுத்த எண்ணான ஏழுக்கு நின்ற கோடு ஒன்று மட்டும் வந்தது. அதன் தலைக்கட்டான மேல் குறுக்குக் கோடு வரவில்லை.

“ஒண்ணுன்னுதான் சொல்லுவான்,” என்றார் ஏழுமலை. எல்லம்மா மறுபடி பெட்டியை அழுத்தினார்.

மூன்று அடிக்க ஐந்து நிமிடம் இருக்கும்போதே குமாஸ்தா வந்துவிட்டார். கறுப்புத் தொப்பி, கக்கத்தில் ரிஜிஸ்டர், பின்னால் தார்ச்சட்டியோடு சேவகர். சுவரில் ஈரத்துணியும், அதன்மேல் இஸ்திரிப் பெட்டியும் இருந்ததைப் பார்த்து நின்றார்.

“என்னப்பா இது? சுவத்துக்கு ஜொரமா?”

முனுசாமி துணியை எடுத்தார். குமாஸ்தா கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு குனிந்தார்.

“முப்பத்தி ஒண்ணு.”

“முப்பத்தாறுக்கு அப்புறம் முப்பத்தி ஒண்ணு எந்த ஊர்ல சார் வருது?” தன் வாசற்படியிலிருந்து கேட்டார் ஏழுமலை.

“நீ சும்மா இரு.” குமாஸ்தா விரலால் பழுப்பைத் தேய்த்தார். வரவில்லை. நகத்தால் கீறினார். வெள்ளைக்கு அடியில் பழுப்பு, அதற்கு அடியிலும் பழுப்பு. “இவ்வளவு ஏன்ப்பா சுரண்டினே?”

முனுசாமி கைகட்டி நின்றார். பஸ்ஸில் அத்தனை பேசிய வாய். “தாரு போட்டா எடுக்கணும்னு எங்கப்பா சொல்லிக் குடுத்தாரு சார்,” என்றார். அவ்வளவுதான்.

குமாஸ்தா அவரைப் பார்த்தார். சுவரைப் பார்த்தார். எல்லம்மா அதற்குள் பெட்டியின் மூக்கை, தலைக்கட்டு இருக்க வேண்டிய இடத்தில் அழுத்திக்கொண்டிருந்தார். யாரும் அவரை நிறுத்தவில்லை. எடுத்தபோது, மயிரிழை அகலத்துக்கு ஒரு குறுக்குக் கோடு கசிந்திருந்தது.

“ஆய்த்து, பரி,” என்றார் குமாஸ்தா சேவகரிடம். சரி, எழுது என்று கன்னடத்தில் அர்த்தம். ரிஜிஸ்டரில் காலையில் எழுதியதை அடித்தார். சேவகர் மட்டையைத் தாரில் முக்கி, பழுப்பின்மேல் 37 என்று கோணலாக எழுதினார். ஏழின் காலிலிருந்து தார் ஒரு சாண் நீளத்துக்கு ஒழுகியது.

“இனி இதைத் தொட்டே, வீடு இல்லே,” என்று சொல்லிவிட்டு அடுத்த தெருவுக்குப் போனார்கள்.

எங்கள் ஊரிலும் என் வீட்டுக்கு ஒரு எண் உண்டு. கதவின் மேல் தகரத்தில் அடித்திருக்கிறது. அது என்ன எண் என்று இந்த இடத்தில் எழுதலாமென்று யோசித்துப் பார்க்கிறேன், நினைவுக்கு வரவில்லை. அந்தத் தெருவில் இனி யாருக்கும் தன் எண் மறக்காது. மனை எங்கே, எப்போது என்று குமாஸ்தா சொல்லவில்லை. கேட்கவும் யாருக்கும் தோன்றவில்லை.

நாலரைக்கு நான் கிளம்ப எழுந்தேன். விடவில்லை. எல்லம்மாவின் பெட்டியில் மிச்சமிருந்த கங்கை அடுப்பில் கொட்டி, கன்னியம்மா சோறு பொங்கியிருந்தாள். குழம்பு ஏழுமலை வீட்டிலிருந்து வந்தது. வாசலிலேயே உட்கார்ந்தோம். முனுசாமிக்குச் சுவர் நேர் எதிரே இருந்தது. பழுப்பு, கரிக்கோடு, கோணல் எண், அந்த ஒழுகல்.

ஒரு கவளம் எடுத்தார். எண்ணைப் பார்த்தார். கவளம் பாதியில் நின்றது. கன்னியம்மா அவர் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் கண் ஒருமுறை வாளியிலிருந்த சுரண்டிக்குப் போய்த் திரும்பியது. பிறகு தட்டைக் கையில் தூக்கிக்கொண்டு எழுந்தார். சுவருக்கு முதுகைக் காட்டி, தெருவைப் பார்க்கத் திரும்பி உட்கார்ந்து, சாப்பிட ஆரம்பித்தார்.